பிளாக்பிங்க்குக்கு முன்னாடியே ஓர் அம்மா... கொரியாவின் முதல் கேர்ள் குரூப் பாடகி லீ நன்யோங்கின் கதை!

பிளாக்பிங்க், ட்வைஸ், நியூஜீன்ஸ், லெ செராஃபிம்... உங்க போன் பிளேலிஸ்ட்டில் இதில் ஏதாவது ஒரு கொரியன் கேர்ள் குரூப் கட்டாயம் இருக்கும். யார் லீடர், யார் மெயின் டான்ஸர், யார் எத்தனை வருஷம் ட்ரெய்னியா இருந்தாங்க என்பது வரைக்கும் மனப்பாடமாகச் சொல்வீங்க. ஆனா, இந்த கேர்ள் குரூப் கதை எங்கே ஆரம்பிச்சதுன்னு தேடிப்போனா, அது 1990-களோடு நிற்காது. 1939 வரைக்கும் போகும். இன்னும் கொஞ்சம் தோண்டினால், போரில் கணவரைப் பறிகொடுத்துவிட்டு, ஏழு பிள்ளைகளுக்குச் சோறு போட வழி தேடிய ஓர் அம்மாவிடம் போய் நிற்கும்.

அந்த அம்மாவின் பெயர் லீ நன்யோங். பாடகி, மேடைக் கலைஞர். அவர் இறந்து 60 வருஷம் ஆகிவிட்டது. இப்போதும் கொரியாவில் அவருடைய ஒரு பாட்டு தெரியாத பெரியவர்களைப் பார்ப்பது கஷ்டம்.

துறைமுகத்து ஏழைச் சிறுமி

கொரியாவின் தென்மேற்கு மூலையில் இருக்கும் துறைமுக ஊர் மொக்போ. அங்கே 1916-ல் பிறந்தவர் நன்யோங். வீட்டில் வைத்த பெயர் லீ ஒக்ரே. அப்போது கொரியா சுதந்திர நாடு இல்லை. 1910-ல் இருந்தே ஜப்பானின் பிடியில் இருந்தது. சுற்றுவட்டார வயல்களில் விளைந்த நெல்லும் பருத்தியும் மொக்போவில்தான் கப்பல் ஏறி ஜப்பானுக்குப் போகும். விளைச்சல் எல்லாம் கண்ணெதிரே கடல் தாண்டிப் போக, ஊர் மக்கள் வறுமையில் கிடந்தார்கள்.

நன்யோங்கின் வீடும் அப்படித்தான். அம்மா பிழைப்புத் தேடி ஜெஜு தீவுக்கு வீட்டு வேலைக்குப் போய்விட்டார். சிறுமியால் ஆரம்பப் பள்ளியைக்கூட முடிக்க முடியவில்லை. அவரிடம் இருந்த ஒரே சொத்து குரல். மெல்லிய, கொஞ்சம் மூக்கில் இழைகிற, கேட்டதும் மனசைப் பிசைகிற குரல்.

பதின்ம வயதில் ஊர் ஊராகச் சுற்றும் ஒரு நாடகக் குழுவில் சேர்ந்தார். அந்தக் காலத்து நாடகங்களில் ஒரு காட்சி முடிந்து அடுத்த காட்சிக்கு மேடையைத் தயார் செய்யும்வரை ஆடியன்ஸ் எழுந்து போகாமல் இருக்க, திரைக்கு முன்னால் ஒருவர் வந்து பாடுவார். நன்யோங்குக்குக் கிடைத்த முதல் வேலை அதுதான். அந்த இடைவேளைப் பாட்டே அவரை ரெக்கார்டு கம்பெனி வரைக்கும் கொண்டுபோனது. 1933-ல் முதல் இசைத்தட்டு வந்தது. அடுத்து, அப்போது கொரியாவின் பெரிய கம்பெனிகளில் ஒன்றான ஓகே ரெக்கார்ட்ஸில் சேர்ந்தார். இன்றைய மொழியில் சொன்னால், டாப் ஏஜென்சியில் இடம் கிடைத்துவிட்டது.

சென்சாரை ஏமாற்றிய பாட்டு

1935. ஒரு பத்திரிகையும் ஓகே கம்பெனியும் சேர்ந்து, தங்கள் ஊரைப் பற்றிப் பாட்டு எழுதி அனுப்பச் சொல்லிப் போட்டி வைத்தன. மொக்போவைப் பற்றி வந்த ஒரு பாடல் தேர்வானது. மெட்டுப் போட்டவர் சோன் மோக்இன். பாட அழைக்கப்பட்டவர் அதே ஊர்ப் பெண்ணான 19 வயது நன்யோங். பாட்டின் பெயர் ‘மொக்போவின் கண்ணீர்’.

மேலோட்டமாகக் கேட்டால் அது ஒரு பிரிவுப் பாட்டு. கப்பல் ஏறிப் போனவனை நினைத்துத் துறைமுகத்தில் நின்று அழும் ஒரு பெண். ஆனா, உள்ளே வேறொரு விஷயம் ஒளிந்திருந்தது. மொக்போவில் நோஜோக்போங் என்று ஒரு பாறைக் குன்று உண்டு. 1590-களில் ஜப்பான் படையெடுத்து வந்தபோது, கடற்படைத் தளபதி யி சன்ஷின் அந்தக் குன்றை வைக்கோலால் மூடி, மலைபோல நெல் குவித்திருப்பதாக எதிரியை நம்ப வைத்தார் என்பது ஊர்க் கதை. அவ்வளவு நெல் இருந்தால் எவ்வளவு பெரிய படை இருக்கும் என்று ஜப்பானியர்கள் மிரண்டார்களாம். அந்தக் குன்றையும், முந்நூறு வருஷத்துப் பகையையும் பாட்டு ஒரே மூச்சில் தொட்டுவிட்டுப் போகிறது.

ஜப்பான் சென்சார் அதை விடுமா? கம்பெனி ஒரு தந்திரம் செய்தது. அந்த இடத்தில், கிட்டத்தட்ட அதே ஓசை வரும் வேறு சொற்களை அச்சில் போட்டது. படித்தால் தப்பில்லை. காதால் கேட்கும் கொரியர்களுக்கோ சொல்ல வந்தது புரியும். நாட்டை இழந்த மக்கள் அந்தப் பெண்ணின் அழுகையைத் தங்கள் அழுகையாக எடுத்துக்கொண்டார்கள். நன்யோங் ஒரே பாட்டில் நாடறிந்த ஸ்டார் ஆனார்.

கேர்ள் குரூப் பிறந்தது இப்படித்தான்!

நன்யோங் காதலித்துக் கல்யாணம் செய்துகொண்டவர் கிம் ஹேசோங். பாடகர், கிதார் கலைஞர், இசையமைப்பாளர் என ஆல்ரவுண்டர். ஜாஸ் என்றால் உயிர். மனைவிக்காக 1939-ல் அவர் போட்ட ‘டீக்கடையின் நீலக் கனவு’ என்ற பாட்டைக் கேட்டால், அழுகைப் பாட்டுக்குப் பெயர் வாங்கிய அதே குரலா இது என்று ஆச்சர்யமாக இருக்கும். அவ்வளவு ஸ்டைலான ப்ளூஸ்!

அதே 1939-ல் ஓகே கம்பெனியின் மேடைக் குழு, தன் முன்னணிப் பாடகிகளைச் சேர்த்து ஒரு குழுவை மேடையேற்றியது. நன்யோங், ஜாங் செஜோங், பார்க் ஹ்யாங்ரிம் போன்றவர்கள் அதில் இருந்தார்கள். குழுவின் பெயர் ‘ஜொகோரி சிஸ்டர்ஸ்’. ஜொகோரி என்பது கொரியர்களின் பாரம்பர்ய உடையான ஹன்போக்கின் மேல்சட்டை. பாட்டு, ஆட்டம், நடிப்பு எல்லாம் கலந்த ஷோ. கொரியாவின் முதல் கேர்ள் குரூப் என்று இவர்களைத்தான் சொல்கிறார்கள். குழுவாகச் சேர்ந்து ஒரு இசைத்தட்டுகூட வெளியிடவில்லை என்பதுதான் நமக்கு நஷ்டம்.

இந்தப் புகழுக்கு ஓர் இருட்டுப் பக்கமும் உண்டு. போர் முற்றிய 1940-களில், கொரிய இளைஞர்களை ஜப்பான் தன் ராணுவத்துக்குக் கட்டாயமாக இழுத்தது. அதைப் புகழ்ந்து பாடும்படி கலைஞர்களை நெருக்கியது. நாட்டின் கண்ணீரைப் பாடிய நன்யோங்கும் அப்படிப்பட்ட பாடல்களைப் பாடினார். கொரியாவில் இன்றும் அவரைப் பற்றிப் பேசும்போது இதுவும் சேர்ந்தே பேசப்படுகிறது. பேச வேண்டியதும்தான்.

கணவரைக் கொண்டுபோன போர்

1945-ல் ஜப்பான் தோற்று வெளியேறியது. கொரியா விடுதலை பெற்றாலும் இரண்டாகப் பிளந்தது. கிம் ஹேசோங் ‘கேபிகே’ என்ற இசைக் குழுவைத் தொடங்கி, தென் கொரியாவில் இருந்த அமெரிக்க ராணுவ முகாம்களில் நிகழ்ச்சிகள் நடத்தினார். நன்யோங்கும் அதில் பாடினார். வாழ்க்கை நன்றாகவே போய்க்கொண்டிருந்தது.

1950 ஜூனில் வட கொரியப் படை எல்லை தாண்டி வந்து, சில நாள்களிலேயே சியோலைப் பிடித்தது. அமெரிக்கர்களுக்காக வாசித்தவர் என்பதால் கிம் ஹேசோங் கைது செய்யப்பட்டு வடக்கே கொண்டுபோகப்பட்டார். திரும்பி வரவே இல்லை.

34 வயதில் நன்யோங் தனியாள். ஏழு பிள்ளைகள். போதாததற்கு, அண்ணன் மகளும் அவர் நிழலில்தான் வளர்ந்தாள். ஊர் முழுக்க இடிபாடு. பாட்டுக்கு யார் காசு கொடுப்பார்கள்? கொடுக்கக்கூடிய நிலையில் இருந்தவர்கள் அமெரிக்கச் சிப்பாய்கள் மட்டும்தான். அங்கே போய்ப் பாடினார். ஒரு ஆள் சம்பாத்தியத்தில் அத்தனை வயிறு நிறையவில்லை.

அப்போதுதான் அவர் பிள்ளைகள் பக்கம் திரும்பினார்.

வாழைப்பழத்துக்கு ஒரு பாட்டு

மகள் சூக்ஜா, அவள் தங்கை ஐஜா, அண்ணன் மகள் மின்ஜா. மூவரும் ஸ்கூல் போகிற வயதுப் பிள்ளைகள். ஒருத்திக்கும் ஆங்கிலம் தெரியாது. நன்யோங் கள்ளச்சந்தையில் அமெரிக்க இசைத்தட்டுகளை வாங்கிவந்தார். ‘கேண்டி அண்ட் கேக்’, ‘ஓல் பட்டர்மில்க் ஸ்கை’ போன்ற பாட்டுகளைத் திரும்பத் திரும்பப் போட்டு, அர்த்தம் தெரியாமலேயே ஒலியை மட்டும் பிடித்துப் பாட வைத்தார். ஒழுங்காகப் பாடினால் வாழைப்பழம். போர்க்காலக் கொரியாவில் வாழைப்பழம் என்பது சும்மா இல்லை, அது பெரிய ஆடம்பரம்!

1953 வாக்கில் ‘கிம் சிஸ்டர்ஸ்’ முகாம் மேடைகளில் ஏறினார்கள். குட்டிப் பெண்கள் பிசிறில்லாமல் சேர்ந்து பாடுவதைப் பார்த்துச் சிப்பாய்கள் ஆர்ப்பரித்தார்கள். சம்பளமாக சாக்லேட்டும் விஸ்கியும் வந்தன. விஸ்கியை வைத்துக் குழந்தைகள் என்ன செய்வது? நன்யோங் அதைச் சந்தையில் கொடுத்து அரிசியாக மாற்றினார். அந்தக் குடும்பம் உயிர் பிழைத்தது அப்படித்தான்.

பாட்டோடு நிறுத்தவில்லை. டான்ஸ், வாத்தியங்கள், மேடையில் எப்படி நிற்பது, எப்படிச் சிரிப்பது என்று எல்லாவற்றையும் சொல்லிக்கொடுத்தார். குழு உடைந்துவிடும், அதனால் யாரும் காதல் கீதல் என்று போகக் கூடாது என்ற கண்டிஷன் வேறு. நீண்ட பயிற்சி, பல திறமைகள், வெளிநாட்டு மொழியில் பாட்டு, டேட்டிங்குக்குத் தடை... எங்கேயோ கேட்ட மாதிரி இருக்கிறதா? இன்றைய கே-பாப் ஏஜென்சிகள் வருஷக்கணக்கில் செய்கிற அதே வேலையை, எழுபது வருஷத்துக்கு முன்னால் ஓர் அம்மா வீட்டுக்குள்ளேயே செய்தார். ஒரே வித்தியாசம், அவருக்கு வேண்டியிருந்தது சார்ட்டில் முதலிடம் இல்லை. அடுத்த வேளை அரிசி.

மகள்கள் அங்கே, அம்மா இங்கே

முகாம்களில் பெயர் பரவ, அமெரிக்காவிலிருந்து வாய்ப்பு வந்தது. 1959-ல் மூன்று பெண்களும் விமானம் ஏறி லாஸ் வேகாஸின் தண்டர்பேர்ட் ஹோட்டலுக்குப் போனார்கள். அதே வருஷம், அமெரிக்காவே டி.வி முன்னால் உட்காரும் எட் சலிவன் ஷோவில் தோன்றினார்கள். அடுத்தடுத்த வருஷங்களில் அந்த மேடையில் இருபது தடவைக்கும் மேல். ஒரே நிகழ்ச்சியில் வாத்தியத்தை மாற்றி மாற்றி வாசித்து அசத்துவது அவர்கள் ட்ரேட்மார்க். பி.டி.எஸ் அமெரிக்க டி.வி-யில் கால் வைப்பதற்கு அரை நூற்றாண்டுக்கும் முந்தைய சம்பவம் இது.

மகள்கள் ஊருக்குப் பணம் அனுப்பினார்கள். பிறகு மகன்கள் மூன்று பேரும் ‘கிம் பிரதர்ஸ்’ என்று ஒரு குழுவாகி அமெரிக்கா போனார்கள். 1960-களின் தொடக்கத்தில் நன்யோங்கும் அங்கே போய், எட் சலிவன் மேடையில் மகள்களோடு சேர்ந்து பாடினார். ஹன்போக் உடையில், பெருமை தாங்காமல் நிற்கும் அந்த அம்மாவின் வீடியோ இன்றும் யூடியூபில் கிடைக்கிறது. தேடிப் பாருங்கள்.

ஆனா, அவர் அங்கேயே தங்கிவிடவில்லை. சியோலுக்குத் திரும்பினார். கடைசி வருஷங்களில் அவருக்குத் துணையாக இருந்தவர், பழைய சக பாடகர் நாம் இன்சு. காச நோயாளி. அவரையும் நன்யோங்தான் பார்த்துக்கொண்டார். 1962-ல் அவரும் போய்ச் சேர்ந்தார். பிள்ளைகள் பிழைக்க வேண்டுமென்று பாடக் கற்றுக்கொடுத்தார். கற்ற பாட்டு அவர்களைக் கடல் தாண்டிக் கொண்டுபோய்விட்டது. 19 வயதில் பாடிய பாட்டில், துறைமுகத்தில் நின்று கப்பலைப் பார்த்துக்கொண்டிருந்த பெண்ணின் இடத்தில் இப்போது அவரே நின்றார்.

1965 ஏப்ரல் 11-ம் தேதி, சியோலில் நன்யோங் இறந்தார். வயது 48.

பாட்டு மட்டும் நிற்கவில்லை

1969-ல் மொக்போவின் யுதால் மலையில் ‘மொக்போவின் கண்ணீர்’ பாட்டுக்கே ஒரு கல்வெட்டு வைத்தார்கள். கொரியாவில் ஒரு பாட்டுக்கு வைத்த முதல் நினைவுச் சின்னம் என்று சொல்கிறார்கள். மொக்போ இருக்கும் ஹோனாம் வட்டாரம் பல வருஷம் அரசுகளால் ஒதுக்கப்பட்ட பகுதி. அந்த வட்டாரத்தின் குவாங்ஜூ நகரில் 1980-ல் ஜனநாயகம் கேட்டுப் போராடிய மக்களை ராணுவம் சுட்டுக்கொன்றது. அதற்குப் பிறகு, குவாங்ஜூவின் பேஸ்பால் அணியான ஹைதாய் டைகர்ஸ் ஆடும்போதெல்லாம் கேலரியில் ரசிகர்கள் சேர்ந்து பாடியது எந்த வெற்றிப் பாட்டும் இல்லை. இந்த அழுகைப் பாட்டைத்தான்! அந்த வட்டாரத்திலிருந்து வந்து அதிபரான கிம் டேஜங்குக்கும் இது பிடித்தமான பாட்டு.

2006-ல் நன்யோங்கின் எச்சங்களைச் சொந்த ஊருக்கு எடுத்துவந்து, பாட்டில் வரும் சம்ஹாக்தோ தீவில் ஒரு மரத்தின் அடியில் அடக்கம் செய்தார்கள். அந்த இடம் இப்போது அவர் பெயரில் பூங்கா. எதிரே அதே துறைமுகம், அதே கடல்.

அடுத்த முறை உங்க ஃபேவரைட் குரூப்பின் கம்பேக் வீடியோவைப் பார்த்து முடித்ததும், ஒரு மூன்று நிமிஷம் ஒதுக்கி ‘மொக்போவின் கண்ணீர்’ கேட்டுப் பாருங்கள். மொழி புரியாது, பரவாயில்லை. அந்தம்மாவின் மகள்களும் அர்த்தம் தெரியாமல்தான் பாட ஆரம்பித்தார்கள்.