பகத் என்ற பெயரும் அதைச் சுமந்தவரும்

போன மாதம் நம் குடியிருப்பு வாட்ஸ்அப் குழுவில் ஒரு சின்ன வாக்குவாதம் நடந்ததைக் கவனித்திருப்பீர்கள். பேரனுக்குப் பெயர் தேடிக்கொண்டிருந்த ஒருவர் குழந்தைப் பெயர்ப் பட்டியல் ஒன்றைப் போட்டிருந்தார். அதில் பஞ்சாபி ஆண் பெயர்களின் வரிசையில் பகத் என்றால் பக்தன் என்று இருந்தது. உடனே இன்னொருவர், பகத்சிங் நாத்திகர் ஆயிற்றே, அவருக்குப் போய் பக்தன் என்று எப்படிப் பெயர் வைத்தார்கள் என்று கேட்டார். பதில் வருவதற்குள் தண்ணீர் லாரி பற்றிய செய்திகள் வந்து விழுந்து பேச்சு அடங்கிவிட்டது. கேள்வி நல்ல கேள்வி. அப்படியே விட்டுவிட மனம் வரவில்லை.

எனக்கு இந்தப் பெயரில் முன்பிருந்தே ஒரு ஈடுபாடு உண்டு. வங்கியில் கிளார்க்காக இருந்த காலத்தில் வேலூரிலும் ஆம்பூரிலும் பகத்சிங் என்ற பெயரில் பல கணக்குகளைப் பார்த்திருக்கிறேன். ஒருவர்கூடப் பஞ்சாபி இல்லை. டேனரியிலோ ஷூ கம்பெனியிலோ வேலை பார்க்கும் நம் ஊர்க்காரர்கள்தான். அழகாகத் தமிழில் கையெழுத்துப் போடுவார்கள். தலைப்பாகையும் இல்லை, தாடியும் இல்லை. அப்பாவோ தாத்தாவோ கட்சிக்காரராக இருந்து ஆசையாக வைத்த பெயர். நேதாஜி, லெனின், ஸ்டாலின் என்றெல்லாம் பிள்ளைகளுக்குப் பெயர் வைக்கிற நாடு நம்முடையது. அந்த வரிசையில் பகத்சிங்கும் ஒன்று.

முதலில் சொல்லைப் பார்ப்போம். பக்தன் என்ற வடமொழிச் சொல்தான் பஞ்சாபி நாக்கில் பகத் ஆனது. ஆனால் பஞ்சாபில் அதற்கு இன்னொரு கனம் உண்டு. சீக்கியர்களின் புனித நூலான குரு கிரந்த சாகிபில் குருமார்களின் பாடல்களோடு வேறு 15 அடியார்களின் பாடல்களும் இருக்கின்றன. அவர்களைத்தான் பகத் என்கிறார்கள். யார் யார் என்று பார்த்தால் ஆச்சரியமாக இருக்கும். கபீர் நெசவாளி. நாமதேவர் மராட்டியத் தையல்காரர். சேன் நாவிதர். சத்னா கசாப்புக்காரர். தன்னா உழவர். ஷேக் ஃபரீத் முஸ்லிம் சூஃபி. நம் ஆம்பூர்க்காரர்களுக்குத் தெரிந்திருக்க வேண்டிய பெயர் ரவிதாஸ். காசியில் தோல் வேலை செய்து, செருப்புத் தைத்துப் பிழைத்தவர். அவருடைய பாடல்கள் சுமார் 40 அந்த நூலில் இருக்கின்றன. 1604-ல் ஐந்தாவது குரு அர்ஜன் தொகுத்தபோதே இந்த ஏற்பாடு வந்துவிட்டது. தோல் தொழில் செய்தவரின் பாட்டுக்கு முன்னால் அரசரும் தலை வணங்கித்தான் ஆக வேண்டும். நமது நாயன்மார் வரிசையில் குயவரும் வண்ணாரும் வேடரும் இருப்பதைப் போல என்று வைத்துக்கொள்ளுங்கள்.

சிங் என்பது சிங்கம். நமக்கு விளக்கமே தேவையில்லை. 1699-ல் வைசாகி நாளில் அனந்தபூர் சாகிபில் குரு கோவிந்த் சிங் கால்சாவை உருவாக்கினார். ஜாதியைக் காட்டும் பின்பெயர்கள் போய், ஆண்களுக்கெல்லாம் சிங், பெண்களுக்கெல்லாம் கௌர் என்று பொதுப்பெயர் வர வழி பிறந்தது அங்கேதான். அதற்கு முன்பே ராஜபுத்திரர்களிடம் சிங் உண்டு. ஆகவே சிங் என்றாலே சீக்கியர் என்று முடிவு கட்டக்கூடாது. பெயர் வைக்கும் முறையும் அழகானது. குழந்தை பிறந்ததும் குருத்வாராவில் கிரந்த சாகிபைத் திறப்பார்கள். அந்தப் பக்கத்தில் வரும் பாடலின் முதல் எழுத்து எதுவோ அதில் தொடங்கும் பெயரை வைப்பார்கள். குர்ப்ரீத் என்று வைத்தால் அது ஆணா பெண்ணா என்று தெரியாது. பின்னால் சிங் வந்தால் பையன், கௌர் வந்தால் பெண். சி.எம்.சி. காத்திருப்புக் கூடத்தில் பெயர் கூப்பிடும்போது யார் எழுந்து வருகிறார்கள் என்று பார்த்துத் திகைத்தவர்களுக்கு இது உதவும்.

ஆனால் நம்முடைய பகத்சிங்குக்குப் பெயர் வந்த கதை வேறு. 1907 செப்டம்பர் இறுதியில், லாயல்பூர் மாவட்டத்து பங்கா கிராமத்தில் பிறந்தார். இன்று அது பாகிஸ்தானில் ஃபைசலாபாத். குடும்பத்தின் பூர்வீகம் இந்தியப் பக்கத்து கட்கர் கலான். அப்பா கிஷன் சிங்கும் சித்தப்பாக்கள் அஜித் சிங், ஸ்வரன் சிங்கும் வெள்ளையர் ஆட்சியை எதிர்த்துச் சிறைக்குப் போனவர்கள். கால்வாய்ப் பாசன நிலங்களில் விவசாயிகளின் உரிமையைப் பறிக்கும் சட்டத்தை எதிர்த்ததற்காக அஜித் சிங்கை அந்த வருஷம்தான் பர்மாவின் மாண்டலேக்கு நாடு கடத்தியிருந்தார்கள். பிள்ளை பிறந்த வேளையில், ஆண்களின் விடுதலைச் செய்தியும் வந்து சேர்ந்ததாக அந்தக் குடும்பத்தில் சொல்வார்கள். பாட்டி ஜெய் கௌருக்குத் தாங்க முடியாத சந்தோஷம். பேரனை பாகன்வாலா என்று கொஞ்சினார். பாக் என்றால் அதிர்ஷ்டம். பாகன்வாலா நம் பாஷையில் பாக்கியவான். மூத்த பேரனின் பெயர் ஜகத் சிங். ஜகத்துக்குப் பின் பகத் என்று எதுகையும் பொருந்திவிட்டது.

ஆக, அந்த வீட்டில் பக்தியை நினைத்து வைத்ததைவிட பாக்கியத்தை நினைத்து வைத்ததுதான் அதிகம். இரண்டுமே ஒரே வேரிலிருந்து வந்தவை என்பது வேடிக்கை. வடமொழியில் பங்கிடுதல் என்று பொருள்படும் பஜ் என்ற வேரிலிருந்துதான் பாகம், பாக்கியம், பக்தி மூன்றும் வருகின்றன. தனக்கு வந்த பங்கு பாக்கியம். கடவுளோடு பங்கு கொள்வது பக்தி. கூட்டு வியாபாரக் கணக்கு திறக்க வருபவர்களைப் பழைய பத்திரங்களில் பாகஸ்தர்கள் என்று எழுதியிருக்கும். வணிகவியல் படித்தவனுக்கு இந்த மாதிரி இடத்தில் ஒரு சின்னக் குஷி வரத்தான் செய்யும்.

தாத்தா அர்ஜன் சிங் சீக்கியக் குடும்பத்தில் பிறந்து ஆரிய சமாஜத்தில் சேர்ந்தவர். பேரன் லாகூரில் டி.ஏ.வி. பள்ளியில் படித்தான். விடுதியில் காலை மாலைப் பிரார்த்தனை போக, மணிக்கணக்கில் காயத்ரி மந்திரம் ஜெபிப்பானாம். பிற்காலத்தில் அவரே எழுதி வைத்த தகவல் இது. அதாவது, பெயருக்கு ஏற்ற பக்தனாகத்தான் சிறுவயதில் இருந்திருக்கிறார். 1919-ல் ஜாலியன்வாலா பாக் படுகொலை நடந்தபோது 11 வயது. காந்தியடிகளின் ஒத்துழையாமை இயக்கத்தின்போது பள்ளியை விட்டார். தேசியக் கல்லூரியில் சேர்ந்தார். அப்போதும் முடி வெட்டாமல் தலைப்பாகையோடுதான் இருந்தார். பிறகு படிப்பு, படிப்பு, ஓயாத படிப்பு. 1926 முடிவதற்குள், உலகைப் படைத்து நடத்தும் சக்தி ஒன்று இல்லை என்ற முடிவுக்கு வந்துவிட்டார். அப்போது அவருக்கு 19 வயது.

வீட்டில் கல்யாணப் பேச்சு எடுத்ததும் கான்பூருக்கு ஓடியதும் இந்தக் காலத்தில்தான். அங்கே கணேஷ் சங்கர் வித்யார்த்தியின் பிரதாப் பத்திரிகையில் பல்வந்த் என்ற பெயரில் வேலை செய்தார். பல்வந்த் என்றால் பலவான். பாட்டி கொடுத்த பெயர் பாக்கியவான். தானே எடுத்துக்கொண்ட பெயர் பலவான்.

அடுத்து நடந்தவை பள்ளிப் பாடத்திலேயே வருவதால் சுருக்கமாகச் சொல்கிறேன். சைமன் குழுவை எதிர்த்த ஊர்வலத்தில் அடிபட்ட லாலா லஜபதி ராய் 1928 நவம்பர் 17 அன்று இறந்தார். சரியாக ஒரு மாதம் கழித்து, டிசம்பர் 17 அன்று, தடியடிக்குக் காரணமான போலீஸ் அதிகாரி ஸ்காட் என்று நினைத்து சாண்டர்ஸ் என்ற இளம் அதிகாரியைச் சுட்டுவிட்டார்கள். துரத்தி வந்த தலைமைக் காவலர் சனன் சிங்கும் கொல்லப்பட்டார். அவரும் ஒரு சிங், அவரும் ஒரு பஞ்சாபி. பகத்சிங்கைப் பற்றி எழுதுகிற பலர் இந்தப் பெயரைத் தாண்டிப் போய்விடுகிறார்கள். எனக்கு அது சரியாகப் படவில்லை.

லாகூரை விட்டுத் தப்பியபோது தாடியும் நீண்ட முடியும் இல்லை. கோட்டும் தொப்பியும் போட்ட துரையைப் போல, தோழரின் மனைவி துர்கா தேவியும் அவருடைய கைக்குழந்தையும் கூட வர, முதல் வகுப்பில் ரயில் ஏறினார். ராஜகுரு வேலைக்காரர் வேடத்தில் வந்தார். பஞ்சாபில் பிறந்த ஒரு சிங்குக்கு முடியை எடுப்பது சாதாரண விஷயமல்ல. வேலூர்க்காரர்களுக்கு இது புரியும். 1806 ஜூலையில் நம் கோட்டையில் சிப்பாய்கள் எழுந்ததற்கே தோல் குஞ்சம் வைத்த புதுத் தலைப்பாகையும், தாடி, நெற்றிக்குறி, கடுக்கன் மீது வந்த உத்தரவும்தானே காரணம். அங்கே மேலிடம் கட்டாயப்படுத்தியது. இங்கே அவரே எடுத்தார்.

1929 ஏப்ரல் 8 அன்று டெல்லி மத்திய சட்டசபையில், தொழிலாளர் வேலைநிறுத்தங்களைக் கட்டுப்படுத்தும் தொழில் தகராறு மசோதாவும் பொதுப் பாதுகாப்பு மசோதாவும் பேசப்பட்ட சமயம், பகத்சிங்கும் வங்காளியான பட்டுகேஷ்வர் தத்தும் ஆள் இல்லாத இடமாகப் பார்த்துக் குண்டு வீசினார்கள். ஓடாமல் நின்று பிடிபட்டார்கள். ஆயுள் தண்டனை. சிறையில் அரசியல் கைதிகளுக்கு நல்ல சாப்பாடும் புத்தகமும் கேட்டு உண்ணாவிரதம். அதில் 63-ஆம் நாள் ஜதீன் தாஸ் இறந்தார். பகத்சிங் நூறு நாளுக்கு மேல் தாக்குப் பிடித்தார். சாண்டர்ஸ் வழக்கை விசாரிக்க அவசரச் சட்டம் போட்டுத் தனி நீதிமன்றம் அமைத்தார்கள். 1930 அக்டோபர் 7 அன்று தூக்குத் தண்டனை விதித்தார்கள்.

என்னைப் பொறுத்தவரை அவர் வாழ்க்கையின் முக்கியமான கட்டம் இந்தத் தீர்ப்புக்கு முந்தைய சில நாட்கள்தான். அதே சிறையில் பாபா ரண்தீர் சிங் என்ற மூத்த கதர் கட்சிக் கைதி இருந்தார். ஆழ்ந்த பக்திமான். முடியை எடுத்த இந்தச் சீக்கியப் பையனைக் கண்டு வருத்தப்பட்டார். கடவுளை மறுப்பது புகழால் வந்த அகங்காரம் என்று கடிந்துகொண்டார். அதற்குப் பதிலாகத்தான் நான் ஏன் நாத்திகன் என்ற கட்டுரையைப் பகத்சிங் எழுதினார். தூக்கு நிச்சயம் என்று தெரிந்த நேரம். கடவுளை நம்பினால் மனதுக்கு எவ்வளவு ஆறுதல் என்பதை அவர் மறுக்கவில்லை. அந்த ஆறுதல் வேண்டாம் என்றார். நான் தினமும் விளக்கேற்றிக் கும்பிடுகிறவன். அவரோடு எனக்கு உடன்பாடில்லை. ஆனாலும் 23 வயதில், கயிற்றை எதிரே வைத்துக்கொண்டு, பயத்துக்காக எதையும் நம்ப மாட்டேன் என்று சொல்ல எத்தனை பேருக்கு முடியும்? பக்தர்களிடம் நாம் எதிர்பார்க்கும் உறுதி அது.

அதே ஆண்டு மகனைக் காப்பாற்ற அப்பா கிஷன் சிங் நீதிமன்றத்துக்கு மனுக் கொடுத்தார். தன்னைக் கேட்காமல் செய்தது தவறு என்று மகன் கோபமாகக் கடிதம் எழுதினார். எனக்குப் பாவமாக இருப்பது அந்த அப்பாதான்.

1931 மார்ச் 24 காலையில் என்று குறித்திருந்த தண்டனையை ஒரு நாள் முன்னதாக, 23-ஆம் தேதி மாலையிலேயே நிறைவேற்றிவிட்டார்கள். ராஜகுருவும் சுகதேவும் உடன் போனார்கள். உடல்களை வீட்டாரிடம் கொடுக்காமல் சட்லெஜ் கரையில் எரித்தார்கள். ஆறு நாளில், மார்ச் 29 குடி அரசு இதழில் பெரியார் பகத்சிங் பற்றித் தலையங்கம் எழுதினார். அந்த நாத்திகக் கட்டுரையைப் பின்னர் ஜீவா தமிழில் மொழிபெயர்த்தார். அதற்காகக் கைதும் ஆனார். கூடக் குண்டு வீசிய தத் நம் திருச்சி, சேலம் சிறைகளில் இருந்துவிட்டு அந்தமானுக்குப் போனவர். இப்படியாக அந்தப் பெயர் தமிழ்நாட்டுக்குள் வந்து, பிறகு நம் பிள்ளைகளின் பிறப்புச் சான்றிதழ்களில் ஏறியது.

ஆகவே வாட்ஸ்அப் கேள்விக்கு என் பதில் இது. அகராதிப்படி பகத் என்றால் பக்தன். பாட்டியின் கணக்குப்படி பாக்கியவான். ஆனால் ஆம்பூரில் ஒரு தொழிலாளி தன் மகனுக்கு அந்தப் பெயரை வைத்தபோது இரண்டையுமே நினைத்திருக்க மாட்டார். இப்போது பகத் என்றாலே பலருக்கு மலையாள நடிகர்தான் ஞாபகம் வருகிறார். அது வேறு பெயர். அரபியில் ஃபஹத் என்றால் சிறுத்தை வகை விலங்கு. தமிழில் எழுதும்போதுதான் இரண்டும் ஒன்றாகிவிடுகிறது.

எழுத்து என்றதும் இன்னொன்று. இந்திக்காரர்கள் வயிற்றிலிருந்து காற்று விட்டு பகத் என்பார்கள். நாம் சாதாரண ப போட்டு எழுதுவதைப் பார்த்துச் சிலர் சிரிப்பார்கள். ஆனால் பஞ்சாபியில் அந்த எழுத்து சொல்லின் முதலில் வரும்போது, குரலைச் சற்றுத் தாழ்த்தி, படம், பல் என்பதில் நாம் சொல்லும் ப போலவேதான் ஒலிக்கும். பங்கா கிராமத்தில் அவரை வாசலிலிருந்து கூப்பிட்டவர்களின் உச்சரிப்புக்கு நம் தமிழ் எழுத்துதான் பக்கம்.