பெருந்தலைவர் காமராசரும் குடியாத்தம் இடைத்தேர்தலும்

கல்விச் சங்கம் ஒன்று தன் வெள்ளி விழாவைக் கொண்டாடும் வேளையில் நன்றியுடன் நினைவுகூரத் தக்க பெரியோர் பலர். அவருள் பெருந்தலைவர் காமராசருக்குத் தனியிடம் உண்டு. ஏழைப் பிள்ளையின் பள்ளிக்கூடமும் ஏழைக் குடிமகனின் வாக்குச்சீட்டும் எவ்வாறு பிணைந்துள்ளன என்பதை அவரது வாழ்வில் நிகழ்ந்த ஓர் இடைத்தேர்தல் தெளிவாகக் காட்டுகிறது.

காமராசர் 1903 ஜூலை 15ஆம் நாள், அந்நாளில் விருதுபட்டி எனப்பட்ட விருதுநகரில், குமாரசாமி நாடாருக்கும் சிவகாமி அம்மையாருக்கும் மகனாகப் பிறந்தார். அவர் பயின்ற சத்திரிய வித்தியாசாலை, வீடுதோறும் எடுத்து வைத்த பிடி அரிசியால் வளர்ந்த பள்ளி. தென்மாவட்டக் கோயில்களில் நுழையத் தடைபட்டிருந்த ஒரு சமுதாயம் தன் பிள்ளைகளுக்காகத் தானே எழுப்பிக்கொண்ட கல்விக்கூடம் அது. தந்தையார் விரைவில் மறைந்தமையால் காமராசரின் படிப்பு இடையிலேயே நின்றது. சிறுவர் துணிக்கடையில் வேலைக்கு அமர்ந்தார். பின்னர் விடுதலைப் போரில் ஈடுபட்டு ஏறத்தாழ ஒன்பது ஆண்டுகளைச் சிறையில் கழித்தார். 1937இல் சாத்தூரிலிருந்து போட்டியின்றிச் சென்னை சட்டமன்றத்துக்குத் தேர்ந்தெடுக்கப்பட்டார். 1940இல் தமிழ்நாடு காங்கிரசின் தலைவரானார்.

1952ஆம் ஆண்டுப் பொதுத்தேர்தலில் சென்னை மாநிலத்தில் காங்கிரசுக்குப் பெரும்பான்மை கிட்டவில்லை. அப்போது முதலமைச்சரான இராசாசி, மக்களிடம் வாக்குக் கேட்காமல், ஆளுநரின் நியமனத்தால் மேலவை உறுப்பினராகி ஆட்சி நடத்தினார். 1953இல் அவர் ஊர்ப்புறத் தொடக்கப் பள்ளிகளில் புதிய கல்வித் திட்டத்தைப் புகுத்தினார். பிள்ளைகள் பாதி நாள் பள்ளியில் பயில வேண்டும். மீதி நேரத்தில் பெற்றோரின் தொழிலைக் கற்க வேண்டும். இருக்கும் பள்ளிகளிலேயே இருமடங்கு பிள்ளைகளைச் சேர்க்கலாம் என்பது அரசு கூறிய காரணம். ஆனால், பறையடிப்பவர் மகனும் பண்ணையாளின் மகளும் அந்த மீதி நேரத்தில் எதைக் கற்றிருப்பார்கள்? தலைமுறை தலைமுறையாகத் தம்மை அழுத்திய வேலையையே கற்றிருப்பார்கள். ஆகவேதான் இத்திட்டம் குலக்கல்வி எனப் பெயர் பெற்றது. பெரியாரும் திராவிட முன்னேற்றக் கழகத்தினரும் எதிர்த்துப் போராடினர். காங்கிரசுக்குள்ளேயும் எதிர்ப்பு மூண்டது. இராசாசி பதவி விலகினார்.

1954 ஏப்ரல் 13ஆம் நாள் காமராசர் முதலமைச்சரானார். அமைச்சரவையில் ஆதிதிராவிடரான பரமேசுவரனைச் சேர்த்து, இந்து அறநிலையத் துறையை அவரிடம் ஒப்படைத்தார். கோயில் வாயிலில் தடுக்கப்பட்ட மக்களின் பிரதிநிதி கோயில்களின் நிருவாகத்துக்கே அமைச்சரானார். அடுத்த மாதமே, மே மாதத்தில், குலக்கல்வித் திட்டம் கைவிடப்பட்டது.

அப்போது காமராசர் திருவில்லிபுத்தூர்த் தொகுதியின் மக்களவை உறுப்பினர். சென்னைச் சட்டமன்றத்தில் உறுப்பினர் அல்லர். சட்டமன்றத்தின் எந்த அவையிலும் இடம்பெறாத ஒருவர் ஆறு மாதமே அமைச்சராக இருக்க முடியும் என்பது அரசியலமைப்பின் விதி. முன்னவரைப் போல மேலவை வழியே நுழைவது எளிது. காமராசரோ மக்களின் தீர்ப்பையே நாடினார். அதற்கெனச் சொந்த மாவட்டத்தைத் தேடாமல், வடஆர்க்காடு மாவட்டத்துக் குடியாத்தத்தில் நின்றார். நெசவாளர் நிறைந்த அவ்வூரில் அவருக்குச் சாதிப் பின்பலம் இல்லை. எதிர்த்து நின்ற கம்யூனிஸ்ட் வேட்பாளர் வி.கே. கோதண்டராமன் செல்வாக்கு மிக்கவர். பெரியார் காமராசரை ஆதரித்தார். காங்கிரசை எதிர்த்துவந்த திராவிட முன்னேற்றக் கழகமும் ஆதரவு நல்கியது. காமராசர் வென்றார். ஊர்ப்பிள்ளையின் முழுநாள் பள்ளியை மீட்டளித்த ஆட்சிக்கு அவ்வாக்காளர் தம் ஒப்புதலை வழங்கினர்.

அவ்வாட்சியின் பயனை நாடறியும். 1956இல் எட்டயபுரத்தில் பள்ளி மதிய உணவுத் திட்டம் தொடங்கியது. சிற்றூர்கள்தோறும் பள்ளிகள் எழுந்தன. கட்டணமில்லாக் கல்வி படிப்படியாகப் பள்ளி இறுதி வகுப்பு வரை விரிந்தது. 1963இல் கட்சிப் பணிக்காகத் தாமே முதலமைச்சர் பதவியைத் துறந்தார். 1967இல் விருதுநகர் வாக்காளர் அவரைத் தோற்கடித்தபோது அத்தீர்ப்பையும் தலைவணங்கி ஏற்றார். 1969இல் நாகர்கோயில் மக்களவை இடைத்தேர்தலில் பெருவெற்றி பெற்றார். 1975 அக்டோபர் 2ஆம் நாள் மறைந்தார். மறு ஆண்டு பாரத ரத்னா விருது அளிக்கப்பட்டது.

குடியாத்தத்தில் காமராசர் வென்ற அதே 1954ஆம் ஆண்டின் நவம்பர் முதல் நாளில்தான் நம் புதுவையின் ஆட்சி பிரெஞ்சுக்காரரிடமிருந்து இந்தியாவின் கைக்கு வந்தது. அந்த ஆறு மாத விதி இங்கும் உண்டு. 2016இல் சட்டமன்ற உறுப்பினராகாமலே முதலமைச்சரான வே. நாராயணசாமி நெல்லித்தோப்பு இடைத்தேர்தலில் வென்றே பதவியில் நிலைத்தார். 2019இல் நம் தட்டாஞ்சாவடித் தொகுதியும் இடைத்தேர்தலைக் கண்டது.

இளைஞர்களே! ஒரு தொகுதியின் தேர்தல்தானே என்று இடைத்தேர்தலை இகழாதீர். நாடு முழுவதும் தேர்தல் நடக்கும்போது நம் குரல் பல்லாயிரம் குரல்களில் கலந்துவிடும். இடைத்தேர்தலிலோ ஆள்வோர் நம் தெருவுக்கே வந்து நிற்கின்றனர். அவ்வேளையில் பணத்துக்கும் பரிசுக்கும் வாக்கை விற்பவன், தன் பிள்ளையின் பள்ளிக்கூடத்தை விற்றவனாவான். நம் பகுதிப் பள்ளியில் ஆசிரியர் உண்டா, விடுதியில் இடம் உண்டா, உதவித்தொகை உரிய நாளில் வருகிறதா எனக் கேட்டு வாக்களிப்பதே, பிடி அரிசிப் பள்ளியில் பயின்ற அப்பெருமகனுக்கு நாம் செலுத்தும் நன்றியாகும்.