தண்ணுமை முதல்வர் பாலக்காடு மணி ஐயர்

மாதவியின் அரங்கேற்றத்தைச் சொல்லவந்த இளங்கோவடிகள், ஆடுமகளின் ஆடலை வருணிக்குமுன், அவளுக்குத் துணைநின்ற கலைஞரின் தகுதிகளை ஒவ்வொன்றாக எடுத்துரைக்கிறார். ஆடலாசிரியன், இசையாசிரியன், கவிஞன், தண்ணுமையாசிரியன், குழலோன், யாழோன் என அவ்வரிசை செல்கின்றது. அவருள் தண்ணுமையாசிரியனுக்கு அடிகள் வகுத்த இலக்கணம் மிக நுட்பமானது. ஏனைய கருவிகளின் இசையிற் குறை நேருமிடத்து அதனை நிரப்பவும், மிகை தோன்றுமிடத்து அதனை அடக்கவும், இவ்விரண்டையும் அளவு கடவாமற் செய்யவும் அவன் வல்லவனாதல் வேண்டும். இப்பகுதியை மாணவர்க்குப் பாடஞ் சொல்லும்போதெல்லாம், உரையாசிரியரின் விளக்கத்தோடு ஒரு மனிதரின் வரலாற்றையும் சேர்த்துச் சொல்வது என் வழக்கம். அவர் மிருதங்க மேதை பாலக்காடு மணி ஐயர்.

நான் அவரை நேரிற் கேட்டவனல்லன். அவர் மறைந்தபோது நான் சிறுவன். வானொலியும் ஒலிநாடாக்களுமே என்னை அவரிடம் கொண்டு சேர்த்தன. ஆயினும் பாடகரின் குரலுக்குக் காது கொடுத்திருக்கும்போதே, கேட்பவரை அறியாமல் அந்த மிருதங்கம் உள்ளே புகுந்து அமர்ந்துகொள்ளும். பாட்டு முடிந்த பின்னரே, இதனை இவ்வளவு நேரம் தாங்கிநின்றது எது என்ற எண்ணம் தோன்றும்.

1912ஆம் ஆண்டில் திருவில்வாமலைப் பகுதியில் அவர் பிறந்தார். இயற்பெயர் இராமசுவாமி. மதுரை மணி ஐயர் என்ற புகழ்பெற்ற பாடகரும் அதே ஆண்டிற் பிறந்தவராதலின், மாணவர் இருவரையும் ஒருவராக மயங்குவதுண்டு. இவர் கை, அவர் குரல் என்று பிரித்துச் சொல்லிவைப்பேன். தந்தையார் சேஷம் பாகவதர் பாடுவதில் வல்லவர். ஊரோ தாளத்தில் ஊறிய ஊர். திமிலை, மத்தளம், இடக்கை, இலைத்தாளம், கொம்பு ஆகிய ஐந்தும் முழங்கும் பஞ்சவாத்தியமும், செண்டையில் நாழிகைக் கணக்காக விரியும் தாயம்பகையும் மலைநாட்டுக் கோயில்களின் சொத்துக்கள். இளமையில் இவ்வொலிகளைக் கேட்டு வளர்ந்த செவி, பின்னாளில் மிருதங்கத்திற் காட்டிய துணிவுக்கு இம்மண்ணும் ஒரு காரணம் என்று இசையறிந்தோர் கூறுவர். அது பொருத்தமான கூற்றே.

சாத்தபுரம் சுப்பையரிடம் தொடக்கப் பயிற்சி நடந்தது. பன்னிரண்டு வயதளவில், செம்பை வைத்தியநாத பாகவதருக்கு வாசிக்கும் பேறு வாய்த்தது. செம்பை பாலக்காட்டுப் பக்கத்தவர், வெண்கலக் குரலினர், சிறுவர் என்றும் பாராமல் திறமையை மேடையேற்றிப் பார்ப்பதில் மகிழ்பவர். அவர் கொடுத்த இடம் சென்னை இரசிகரின் கண்களை இச்சிறுவர்பால் திருப்பியது. அப்புகழ் போதும் என்று அவர் நின்றுவிடவில்லை. தஞ்சாவூர் வைத்தியநாத ஐயரை அடைந்து மீண்டும் மாணவரானார். மேடை கண்டபின் பாயில் அமர்ந்து பாடங் கேட்பது எளிதன்று. மலைநாட்டின் வேகமும் தஞ்சையின் நிதானமும் அவர் கையில் ஒன்றானது இவ்வாறே.

அக்காலத்தில் மிருதங்கத்துக்கு இரு நிலைகளே பெரும்பாலும் உண்டு. ஒன்று, பாட்டுக்குத் தாளம் பிறழாமல் காவல் காப்பது. மற்றொன்று, கணக்கு வழக்குகளால் பாடகரை மடக்கி வெல்வது. கஞ்சிராவைக் கச்சேரிக் கருவியாக்கிய மாமூண்டியா பிள்ளையும், அவர் மாணவர் புதுக்கோட்டை தட்சிணாமூர்த்திப் பிள்ளையும் கணக்கின் ஆழத்தைக் காட்டிய பெருமக்கள். 1936இல் மறைந்த தட்சிணாமூர்த்திப் பிள்ளையின் கஞ்சிராவுடன் இளைஞரான மணி ஐயரின் மிருதங்கம் சேர்ந்து ஒலித்த மேடைகள் உண்டு. மணி ஐயர் கணக்கைக் கைவிட்டவரல்லர். ஆனால் கணக்கைப் பாட்டுக்கு ஏவலாக்கினார். கீர்த்தனத்தின் சாகித்தியம் எங்கே நிற்கிறது, சங்கதி எங்கே வளைகிறது, பாடகர் எங்கே மூச்சு வாங்குவார் என்பன எல்லாம் அவர் விரல்களுக்குத் தெரிந்திருந்தன. குரல் நீளுமிடத்தில் அவர் வாளாவிருப்பார். குரல் இறங்கி வருமிடத்தில் தொப்பியிலிருந்து ஒரு கும்கி எழுந்து அதனை ஏந்திக்கொள்ளும். வலந்தலையில் ஒலிக்கும் சாப்பு ஒவ்வொன்றும் சுருதியோடு இசைந்திருக்கும். வாசியாமல் விடும் இடங்களிலேயே அவர் பெருமை மிகுதியும் இருந்தது என்பது என் துணிபு.

இதனை எங்கள் உடப்பு மக்களுக்கு விளக்குவது எளிது. கரைவலை இழுக்கும்போது ஒருவர் அம்பாப் பாட்டெடுப்பார். ஏனையோர் ஏற்றுப் பாடிக் கயிற்றை இழுப்பர். பாட்டு எடுப்பவர் முன்னே நிற்பதாகத் தோன்றும். ஆனால் மணலில் ஒருசேர ஊன்றும் கால்களே அப்பாட்டின் தாளம். வலையின் பாரம் கூடினால் கால்கள் தாழ்ந்து ஊன்றும். பாட்டும் தானே தாழும். யார் யாரை நடத்துகிறார் என்று அங்கே பிரித்துச் சொல்லல் இயலாது. அரியக்குடி இராமானுஜ ஐயங்காரோடும் ஆலத்தூர் சகோதரர்களோடும் மணி ஐயர் வாசித்த ஒலிப்பதிவுகளைக் கேட்போர் இவ்வொப்புமையை உணர்வர்.

அவருக்கு நிகராக வைத்தெண்ணத்தக்கவர் பழனி சுப்பிரமணிய பிள்ளை. இடக்கை வழக்கினர், மிருதங்கமும் கஞ்சிராவும் வல்லவர். இருவர் வழியும் வேறு. இரசிகர் இரு கட்சியாகப் பிரிந்து வாதிட்டனர். இவர்களோ ஒரே மேடையில், ஒருவர் மிருதங்கமும் மற்றவர் கஞ்சிராவுமாக அமர்ந்து, ஒருவரை ஒருவர் மதித்து வாசித்தனர். பிள்ளையவர்கள் 1962இல் மறைந்தபின் அத்தகைய இணை மீண்டும் அமையவில்லை.

இனி, சுவையான ஆனால் சற்று உறுத்தும் செய்தியொன்று. மிருதங்கம் பலாமரக் கட்டையில் தோல் போர்த்தி, வாரால் இழுத்துக் கட்டிய கருவி. தோல் பசுவுடையது, ஆட்டினுடையது, எருமையினுடையது. கருவியைச் செய்வோர் பெரும்பாலும் சமூகம் ஒதுக்கிவைத்த குடியினர். மணி ஐயரின் மிருதங்கங்களைப் பல்லாண்டு காலம் செய்தளித்தவர், செபஸ்தியான் என்பவரின் வழிவந்த பர்லாந்து என்னும் கைவினைஞர். எந்தத் தோல் எவ்வளவு தடிப்பில் இருந்தால் எந்த நாதம் எழும் என்று இருவரும் கூடி ஆய்ந்து, கருவியின் ஒலியையே மாற்றினர். செவி ஒருவருடையது, கை மற்றவருடையது. மேடையும் பொன்னாடையும் வித்துவானுக்கு உரியவாயின. பர்லாந்தின் பெயர் தொழிலறிந்தோர் வட்டத்துக்குள் நின்றது. 2020இல் பாடகர் டி. எம். கிருஷ்ணா இக்குடும்பத்தாரைப் பற்றி ஆங்கிலத்தில் ஒரு நூல் எழுதிய பின்னரே பொதுவாசகர் பலர் அப்பெயரை அறிந்தனர். பாடகருக்குப் பக்கத்தில் இருப்பவருக்கு மதிப்பு வேண்டும் என்று நிலைநாட்டிய மணி ஐயரின் வரலாற்றில், அவருக்கும் பின்னால் இருந்தவர்க்கு உரிய இடம் தராமல் எழுதுவது நீதியன்று.

மதிப்பு அவரைத் தேடி வந்தது. 1956இல் சங்கீத நாடக அகாதமி விருது. 1965இல் எடின்பரோ விழாவில் பங்கேற்று மேல்நாட்டார்க்கு மிருதங்கத்தின் ஆற்றலைக் காட்டினார். 1966இல் சென்னை மியூசிக் அகாதமியின் சங்கீத கலாநிதிப் பட்டம். அதனைப் பெற்ற முதல் மிருதங்க வித்துவான் அவரே. பாடகரும் வீணை, வயலின் வித்துவான்களும் வீற்றிருந்த பீடம் அது. அவர்பால் பயின்றவருள் ஒருவரான உமையாள்புரம் சிவராமனுக்கு அது 2001இல் கிடைத்தது. 1971இல் மணி ஐயருக்கு இந்திய அரசு பத்மபூஷண் வழங்கியது.

அவர் பிடிவாதக்காரர் என்பதையும் மறைத்தலாகாது. ஒலிபெருக்கி நாதத்தைக் கெடுக்கிறது என்று கருதி, அது இருக்கும் மேடையில் வாசியேன் என்று ஒரு காலம் உறுதி பூண்டார். அதனால் வாய்ப்புகள் குறைந்தன, அவர் அசையவில்லை. பக்கத் துணையாக அமர்வோர்க்கு ஒலியின் அளவைப் பற்றிய கவலை எந்நாட்டிலும் உண்டு போலும். பாடகர்க்குப் பியானோ வாசித்துப் புகழ்பெற்ற ஆங்கிலேயர் ஜெரால்டு மூர், 1962இல் வெளியிட்ட தம் வரலாற்று நூலுக்கு, தாம் மிகவும் உரக்க வாசிக்கிறோமோ என்று வினவும் தலைப்பையே இட்டார். மணி ஐயரின் கவலை அதனினும் ஒரு படி மேலானது. கருவியின் இயல்பான நாதம் வேறொன்றன் வழியாகச் செல்வதையே அவர் பொறுக்கவில்லை. இவ்விடயத்தில் நான் அவர் பக்கம். இன்று நம் கோயில் மண்டபங்களில் ஒலிபெருக்கி செய்யும் கொடுமையைக் கேட்போர் எல்லோரும் என் பக்கம் வருவர்.

மற்றொரு பிடிவாதத்தில் அவர் பக்கம் நிற்க இயலவில்லை. பெண்கள் பாடும் கச்சேரிக்கு வாசிப்பதில்லை என்பது அக்காலத்து மூத்த வித்துவான்கள் பலர் கொண்டிருந்த வழக்கம். மணி ஐயரும் நெடுங்காலம் அவ்வாறே ஒழுகினார். பாட்டையன்றி வேறெதனையும் பொருட்படுத்தாத செவி, பாடுபவர் பெண் என்றதும் ஏன் மூடிக்கொள்ளல் வேண்டும்? அவ்வழக்கம் இறுதியில் உடைந்தது. அவர் மகள் லலிதா, டி. கே. பட்டம்மாளின் மகன் சிவகுமாரை மணந்தார். பட்டம்மாளுக்கு மணி ஐயர் மிருதங்கம் வாசித்தார். பட்டம்மாளோ பெண்கள் பாடத் தயங்கிய பல்லவியை மேடையில் துணிந்து பாடி நிலைநாட்டியவர். லயத்தில் அவ்வளவு திண்ணியவருக்கு அந்தத் துணை இன்னும் முன்னரே வாய்த்திருக்க வேண்டும்.

பிற்காலத்தில் ஆந்திரத்து ரிஷிவேலிப் பள்ளியிற் சென்று தங்கி, மாணவர்க்குப் பயிற்றினார். புகழின் உச்சியிலிருந்தவர் சிறுவர்க்குப் பாடம் சொல்ல மலைசூழ்ந்த பள்ளியொன்றை நாடியது, ஆசிரியத் தொழிலில் உள்ள எனக்குத் தனி உவகை தருகின்றது. பாலக்காடு இரகு முதலிய மாணவர் அவர் வழியை உலகெங்கும் கொண்டு சென்றனர். கே. வி. நாராயணசுவாமி என்னும் பெரும் பாடகரும் இளமையில் அவரை அண்டி வளர்ந்து, பின்னர் அரியக்குடியிடம் சென்றவர்.

1981ஆம் ஆண்டு மே மாதம் 30ஆம் நாள் கொச்சியில் மணி ஐயர் காலமானார். லலிதா – சிவகுமார் தம்பதியரின் மகள் நித்யஸ்ரீ 1987இல் முதன்முதலாகக் கச்சேரி மேடையேறிப் பாடினார். பேத்தியின் பாட்டுக்குப் பாட்டனார் ஒரு நாளேனும் வாசிக்க, காலம் இடங்கொடுக்கவில்லை.