ஆடற்கலை காத்த இயோலானி

பசிபிக் பெருங்கடலின் நடுவே அமைந்தவை ஹவாய்த் தீவுகள். பண்டு அங்கு எழுத்து வழக்கு இல்லை. முன்னோர் வரலாற்றையும் தெய்வ வழிபாட்டையும் அம்மக்கள் பாடலிலும், ஹூலா என்னும் ஆடலிலும் பேணி வந்தனர். 1830 இல் பொதுவிடங்களில் ஹூலா தடைசெய்யப்பட்டது. கலாகௌவா மன்னர் அதற்கு மீண்டும் வாழ்வளித்தார்.

1915 இல் பிறந்த இயோலானி லுவாஹினே, பழைய ஆடலில் தேர்ந்த தம் குலமூதாட்டியிடம் அதனைக் கற்றார். அக்காலத்தில் ஹூலா, சுற்றுலாப் பயணிகளை மகிழ்விக்கும் கேளிக்கையாக மாறியிருந்தது. இயோலானியோ அதனை வழிபாடாகவே கருதி ஆடினார். ஆடுவோர் உடலிலேயே வாழும் கலை, அவரோடு மறைந்துவிடுதல் எளிது. ஆகவே, இளையோர்க்கு அதனைக் கற்பித்தார். அவருடைய ஆடல்கள் திரைப்படச் சுருளிலும் பதிவாயின. 1978 இல் அவர் மறைந்தார். ஆயினும், அவர் காத்த கலை மறையவில்லை.