பேர்லினில் காத்திருந்த தமிழர்

கண்டிப்பும் தந்திரமும் ஒருங்கே வாய்ந்த மனிதரை எம்டன் என்று அழைப்பது தமிழர் வழக்கம். நம் மலைநாட்டுத் தோட்டங்களிலும் இச்சொல் வழங்கியதுண்டு. கொழுந்து நிறுக்கும் இடத்தில் ஓர் இறாத்தலையும் விட்டுக்கொடாத கணக்கப்பிள்ளைக்கும், பனிமூட்டத்தினூடே எப்பக்கமிருந்து வருவாரென்று எவருக்கும் தெரியாதபடி வந்து நிற்கும் துரைக்கும் அப்பெயர் நன்கு பொருந்திற்று. அது ஒரு ஜேர்மானிய யுத்தக் கப்பலின் பெயரென்பதை மாணவர் அறிவர். அக்கப்பலில் வந்து சென்னையைத் தாக்கியவர் செண்பகராமன் பிள்ளை என்ற தமிழர் என்றும் அவர்களிற் பாதிப்பேர் சொல்வர். ஹற்றனில் சரித்திரம் கற்பித்த ஆண்டுகளில் இவ்விடையை நான் எத்தனையோ முறை கேட்டிருக்கிறேன். கதை சுவையானதுதான். ஆனால் அந்த மனிதரின் மெய்யான வாழ்க்கை அக்கதையைக் காட்டிலும் பெரியது, துயரம் மிக்கது. அதனையே இங்கு சொல்ல முற்படுகிறேன்.

செண்பகராமன் பிள்ளை 1891ஆம் ஆண்டு செப்டெம்பர் மாதம் 15ஆந் திகதி திருவனந்தபுரத்திற் பிறந்தார். பெற்றோர் சின்னசாமிப் பிள்ளையும் நாகம்மாளும். குடும்பம் நாஞ்சில் நாட்டுத் தமிழ்க் குடும்பம். தந்தையார் திருவிதாங்கூர் அரசின் பொலிஸ் சேவையில் இருந்தவர். சிறுவன் பள்ளியிற் படித்துக்கொண்டிருந்த காலத்தில், தாவரங்களும் உயிரினங்களும் திரட்டும் பொருட்டு அவ்வூருக்கு அடிக்கடி வந்துபோன ஓர் ஆங்கிலேயரின் பழக்கம் அவனுக்குக் கிடைத்தது. அவர் சேர் வோல்டர் ஸ்ட்ரிக்லண்ட் என்ற பிரபு. பிரபு வமிசத்திற் பிறந்தும் ஆங்கில ஏகாதிபத்தியத்தை மனமார வெறுத்த விசித்திர மனிதர். பின்னாளில் பிரித்தானியப் பிரஜாவுரிமையையே துறந்து செக்கோஸ்லோவாக்கியப் பிரசையானவர். அவர் செண்பகராமனையும் உறவினரான பத்மநாப பிள்ளையையும் தம்முடன் ஐரோப்பாவுக்கு அழைத்தார். 1908இல் பிரயாணம் தொடங்கிற்று. தூத்துக்குடிக்கும் கொழும்புக்குமிடையே சுதேசிக் கப்பல் ஓட்டிய வ. உ. சிதம்பரம் பிள்ளை சிறை புகுந்த ஆண்டும் அதுவே.

கொழும்பு வந்ததும் பத்மநாப பிள்ளை மனம் மாறி ஊருக்குத் திரும்பிவிட்டார். செண்பகராமன் திரும்பவில்லை. இந்த ஒரு செய்தியைப் படிக்குந்தோறும் நான் சற்று நின்றுவிடுவதுண்டு. அந்நாட்களில் கொழும்புத் துறைமுகம் தமிழருக்கு எப்படிப்பட்ட இடமாயிருந்தது? கங்காணியின் பின்னால் வந்த நம் முன்னோரை மலைக்கு அனுப்பி, அவர்கள் பறித்த தேயிலையைப் பெட்டி பெட்டியாக லண்டனுக்கு ஏற்றிய துறைமுகம் அது. அங்கிருந்து பதினேழு வயதுத் தமிழ் இளைஞன் ஒருவன் ஏகாதிபத்தியத்தை எதிர்க்கும் கல்வி நாடி மேற்றிசை சென்றான். துணைக்கு வந்த உறவினனும் போய்விட்டான். பிறந்த நாட்டை அவன் உயிரோடு மறுபடி காணவில்லை.

ஸ்ட்ரிக்லண்டின் உதவியால் ஒஸ்திரியாவிற் பள்ளிப் படிப்பை முடித்த பிள்ளை, 1910இல் சுவிற்சர்லாந்தின் சூரிச் நகரத்துத் தொழில்நுட்பக் கல்லூரியிற் சேர்ந்து பொறியியல் பயின்றார். ஜேர்மன் மொழி அவருக்கு இரண்டாந் தாய்மொழி போலாயிற்று. அம்மொழி பேசும் பேரரசோ அப்போது தன் அயல்நாட்டுக் கொள்கையில் பெரியதொரு திருப்பத்தைக் கடந்திருந்தது. 1871இல் ஜேர்மனியை ஒன்றாக்கிய பிஸ்மார்க், ஐரோப்பாவிற் பெற்றதைக் காப்பதே போதுமென்றிருந்தவர். கடல் கடந்த நாடுகளுக்காக இங்கிலாந்தைப் பகைத்துக்கொள்ள அவர் விரும்பியதில்லை. 1890இல் அவரை விலக்கிய இரண்டாம் வில்ஹெல்ம் சக்கரவர்த்திக்கு அந்த நிதானம் கிடையாது. உலக வல்லரசாக வேண்டுமென்ற வேட்கையில் 1898இலும் 1900இலும் கடற்படைச் சட்டங்களை இயற்றி, ஆங்கிலக் கடற்படைக்கு ஈடாக யுத்தக் கப்பல்களைக் கட்டத் தொடங்கினார். இங்கிலாந்தைப் பகைத்தவுடன், இங்கிலாந்தின் அடிமை நாடுகளெல்லாம் ஜேர்மனிக்குத் திடீரென அருமை வாய்ந்தனவாகிவிட்டன. இந்தியா மீது பிறந்த அன்பின் பூர்வோத்தரம் இவ்வளவே.

1914 ஓகஸ்டில் மகாயுத்தம் மூண்டது. சூரிச்சில் அப்போது பிள்ளை இந்திய ஆதரவுச் சர்வதேசக் குழு என்றொரு அமைப்பின் தலைவர். அவ்வாண்டு செப்டெம்பரில் அவர் சூரிச்சிலிருந்த ஜேர்மன் கொன்சலை நாடி, ஆங்கில ஆட்சிக்கு எதிரான பிரசுரங்களை ஜேர்மனியில் வெளியிட அனுமதி வேண்டினார். அக்டோபரில் பேர்லினுக்குச் சென்று அந்நாட்டு வெளிநாட்டமைச்சின் கீழ்ப் பணியாற்றலானார். இவற்றைச் சொல்வது அவருடைய அன்பர் எவருமல்லர். 1918இல் வெளியான ரௌலட் குழுவின் அறிக்கை, அவரை ஓர் இளந் தமிழர் என்றே குறிப்பிட்டு, இச்செய்திகளைப் பதிந்து வைத்திருக்கிறது. எதிரியின் ஏட்டில் இடம்பெறுவதைவிடத் தேசபக்தனுக்கு வேறு நற்சான்று எதற்கு?

எம்டன் கதையையும் இந்த ஏடே தீர்த்துவைக்கிறது. கப்டன் கார்ல் வொன் முல்லரின் தலைமையில் அக்கப்பல் சென்னைத் துறைமுகத்தின் மீது குண்டு வீசி, பர்மா எண்ணெய்க் கம்பனியின் தாங்கிகளைக் கொளுத்தியது 1914 செப்டெம்பர் 22ஆந் திகதி இரவு. சீனத்துச் சிங்டாவோவிலிருந்து புறப்பட்ட கப்பல் அது. அம்மாதத்தில் பிள்ளை சூரிச்சில் மனு எழுதிக்கொண்டிருந்தார். சென்னையைத் தாக்கியபின் எம்டன் நம் இலங்கைக் கடலுக்கு வந்து, கொழும்புக்கு அண்மையில் கிங் லட், டைமெரிக் என்ற கப்பல்களை மூழ்கடித்தது. தேயிலை ஏற்றும் துறைமுகத்தின் வாசலிலேயே பகைக் கப்பல் நடமாடிற்று என்றால், மலைநாட்டுத் துரைமார் பட்ட கலக்கத்தை ஊகிக்கலாம். இலங்கையிலிருந்த ஜேர்மானியரைத் திரட்டித் தியத்தலாவை முகாமில் அடைத்தனர். பௌத்த பிக்குவாக வாழ்ந்த ஞானதிலோக தேரரும் ஜேர்மானியராய்ப் பிறந்த குற்றத்திற்காக அங்கு சிறையிருந்தார். 1915இல் அவர்களை அவுஸ்திரேலியாவுக்கு ஏற்றியனுப்பினர். எம்டனோ 1914 நவம்பர் 9ஆந் திகதியே, கொக்கோஸ் தீவருகே சிட்னி என்ற அவுஸ்திரேலியக் கப்பலால் அழிந்துபோயிற்று. அதன் ஆயுள் முடிந்த வேளையில்தான் பிள்ளையின் மெய்யான போர் தொடங்கிற்று.

அப்போர் கடிதங்களாலும் துண்டுப் பிரசுரங்களாலும் நடந்தது. பேர்லினில் வீரேந்திரநாத் சட்டோபாத்தியாயா, ஹர் தயாள், பரக்கத்துல்லா, தாரக்நாத் தாஸ் முதலியோருடன் அவர் இந்திய சுதந்திரக் குழுவில் முன்னணியில் நின்றார். குழுவுக்குப் பணம் தந்தது ஜேர்மன் வெளிநாட்டமைச்சு. கீழைநாடுகளிற் கிளர்ச்சி மூட்டும் திட்டத்தை வகுத்தவர் மக்ஸ் வொன் ஒப்பன்ஹைம் என்ற அறிஞர். பேர்லினுக்குத் தெற்கேயுள்ள வூன்ஸ்டோர்பில், ஆங்கிலப் படையிற் போரிட்டுச் சிறைப்பட்ட இந்தியச் சிப்பாய்களுக்கென ஒரு முகாம் இருந்தது. அவர்களின் மனத்தைத் திருப்பப் பத்திரிகை ஒன்றும் அச்சாயிற்று. அமெரிக்காவில் ஆயுதம் வாங்கி, ஆனி லார்சன் என்ற பாய்மரக் கப்பலில் ஏற்றி, நடுக்கடலில் மவரிக் என்ற கப்பலுக்கு மாற்றி இந்தியாவுக்கு அனுப்புவதென்று ஏற்பாடு. இரு கப்பல்களும் ஒன்றையொன்று சந்திக்கவேயில்லை! ஆயுதங்கள் 1915 ஜூனில் அமெரிக்க அதிகாரிகளின் கையிற் சிக்கின.

காபூல் முயற்சி இதனினும் சிறந்தது. ராஜா மகேந்திர பிரதாப் சக்கரவர்த்தியின் ஆசியுடன் ஜேர்மன் தூதுக்குழுவோடு ஆப்கானிஸ்தானம் சென்று, 1915 டிசம்பர் முதலாந் திகதி இந்தியத் தற்காலிக அரசாங்கத்தைப் பிரகடனம் செய்தார். பரக்கத்துல்லா பிரதம மந்திரி. வெளிநாட்டு மந்திரிப் பதவி பிள்ளைக்குரியதாகச் சொல்லப்படுகிறது. ஆளுவதற்கு ஒரு சாண் நிலமும் இல்லாத அரசுதான். எனினும் இந்தியர் தாமே தமக்கொரு வெளிநாட்டு மந்திரியை நியமிக்கத் துணிந்தபோது அப்பெயர் ஒரு தமிழருடையதாயிற்று என்பதைச் சிறுமையாக நான் எண்ணேன். ஆப்கானிய அமீரோ இருபக்கமும் பேசிக் காலங்கடத்தினார். பொன்னும் படையும் வந்தால் போரிடுவேன் என்றார், இரண்டும் வரவில்லை.

ஜேர்மனி இந்தியருக்குத் துரோகஞ் செய்ததென்று சிலர் எழுதுவர். நான் அப்படிச் சொல்லமாட்டேன். துரோகத்துக்கு முன் உறவு ஒன்று வேண்டும். பேர்லின் அமைச்சுக்கு இந்தியரோடிருந்தது கணக்கு மட்டுமே. இந்தியாவிற் கிளர்ச்சி நேர்ந்தால் ஆங்கிலேயர் பிரான்சுப் போர்முனையிலிருந்து எத்தனை பட்டாளத்தைத் திருப்ப வேண்டும் என்பதே அவர்கள் போட்ட கணக்கு. மலைநாட்டாராகிய நமக்கு இது விளங்காத பாடமன்று. 1948இன் பிரஜாவுரிமைச் சட்டத்தால் நாடற்றவரான நம் மக்களைப்பற்றி 1964 அக்டோபரில் இரு பிரதமர்கள் டில்லியில் ஒப்பந்தஞ் செய்தார்கள். 975,000 பேரில் 525,000 பேர் இந்தியாவுக்கு, 300,000 பேர் இலங்கைக்கு என்று, கொழுந்து நிறுப்பது போல் நிறுத்துப் பிரித்தார்கள். எஞ்சிய 150,000 பேரை 1974இற் சரிபாதியாக்கினார்கள். ஹற்றன் நிலையத்திற் கோச்சி ஏறிய குடும்பங்களை ஒருவரும் கேட்கவில்லை. அவ்வொப்பந்தத்தில் இருவருமே நண்பர்கள்தாம், பகைவர் எவருமில்லை. அரசுகளின் அயல்நாட்டுக் கொள்கையில் சிறியவரின் இடம் எதுவென்பதை நாம் தோலிலே அறிந்தவர்கள். ஆதலால் பிள்ளையின் பிற்கால வாழ்க்கையை நம்மைப்போல் உணரக்கூடியவர் சிலரே.

1918 நவம்பரில் ஜேர்மனி தோற்றது. சக்கரவர்த்தி ஒல்லாந்துக்கு ஓடினார். குழு கலைந்தது. ஹர் தயாள் ஜேர்மானியரைக் கடுமையாகக் கண்டித்து 1920இல் ஒரு நூலே எழுதிவிட்டார். சட்டோபாத்தியாயா பொதுவுடைமையிற் சேர்ந்து, மொஸ்கோ சென்று, 1937இல் ஸ்டாலின் ஆட்சியில் உயிரிழந்தார். பிள்ளை பேர்லினிலேயே தங்கினார். தொழிற்சாலையில் வேலை பார்த்தார். இரு நாட்டுக்குமிடையே வர்த்தகம் வளர்க்க முயன்றார். ஆனால் ஜேர்மனியின் கொள்கை மறுபடி திசைமாறியிருந்தது. 1925இல் லொக்கார்னோ உடன்படிக்கை மூலம் இங்கிலாந்தோடும் பிரான்சோடும் சமாதானமாக வாழ முனைந்த வெளிநாட்டு மந்திரி ஸ்ட்ரேஸ்மனுக்கு, இந்தியப் புரட்சிக்காரர் வேண்டாத விருந்தினரே.

இக்கட்டத்தில் பிள்ளை, பழைய பேரரசின் பெருமையை மீட்க விரும்பிய ஜேர்மன் தேசிய மக்கள் கட்சியோடு உறவு பூண்டார். அவர் வாழ்வில் எனக்கு உடன்பாடில்லாத பகுதி இது. இங்கிலாந்தைப் பகைப்போர் யாவரும் இந்தியாவின் நண்பர் என்ற எண்ணம் அவரை விட்டு அகலவில்லை. இருந்தும் ஹிட்லர் விஷயத்தில் அவர் மயங்கவில்லை. இந்தியா பிற எவரிடமும் இருப்பதைவிட ஆங்கிலேயரிடமே இருப்பதை விரும்புவதாக ஹிட்லர் தம் நூலிலேயே எழுதியிருந்தார். ஐரோப்பாவில் அலையும் இந்தியத் தேசபக்தரை அதில் ஏளனமும் செய்திருந்தார். 1931இல் இந்தியரை இழிவுபடுத்தி அவர் பேசியபோது, பிள்ளை எதிர்த்தெழுந்து மன்னிப்புக் கோரும்படி கேட்டார். ஹிட்லர் பணிந்துவிட்டார் என்று நம் மேடைகளிற் சொல்லுவதை நான் நம்புவதில்லை. அது எம்டனின் தம்பிக் கதை. தலைநகரில் அடியாட்களோடு வளர்ந்துவந்த ஒரு கட்சியின் தலைவரிடம், தூதரகமோ அரசோ பின்னில்லாத ஓர் அயல்நாட்டார் அப்படிக் கேட்டார் என்பதே எனக்குப் போதும்.

1933 ஜனவரியில் ஹிட்லர் அதிகாரத்துக்கு வந்தார். ஜூன் மாதத்தில் தேசிய மக்கள் கட்சி கலைந்தது. பிள்ளைக்கு நிழல் தர எவருமில்லை. 1931இல் அவர் மணந்த, மணிப்பூரைச் சேர்ந்த லட்சுமிபாய் அம்மையார் மாத்திரம் உடனிருந்தார். நோயுற்றுக் கிடந்து, 1934 மே மாத இறுதியில் பேர்லினில் உயிர் நீத்தார். வயது நாற்பத்திரண்டு. நஞ்சூட்டினர் என்றும் நாஜிகள் தாக்கினர் என்றும் பேச்சு உண்டு. பேச்சைச் சரித்திரமாக்க நான் துணியேன். ஏழு ஆண்டுகளுக்குப் பின்னர் அதே நகருக்கு வந்த சுபாஷ் சந்திர போஸ், இந்திய சுதந்திரத்தை ஆதரிக்கும் பிரகடனம் ஒன்றை வேண்டி ஹிட்லரைக் கண்டும், அதனைப் பெறாமலே 1943இல் நீர்மூழ்கிக் கப்பலேறிக் கிழக்கே செல்ல நேர்ந்தது.

சுதந்திர இந்தியாவின் யுத்தக் கப்பலில் தாயகம் திரும்ப வேண்டும் என்பது பிள்ளையின் ஆசை. அம்மையார் அஸ்தியை 1935இல் பம்பாய்க்குக் கொணர்ந்து, முப்பதாண்டுக்கு மேல் தம் வீட்டிற் பாதுகாத்தார். 1966 செப்டெம்பரில் அது டெல்லி என்ற இந்தியக் கடற்படைக் கப்பலிற் கொச்சிக்கு வந்தது. அக்கப்பலுக்கு முன்பு அக்கிலிஸ் என்று பெயர். அது பிரித்தானியக் கப்பலாயிருந்தபோது, 1939 டிசம்பரில் தென்னமெரிக்கக் கரையருகே கிராப் ஸ்பே என்ற ஜேர்மானியக் கப்பலோடு பொருதிய மூன்றினுள் ஒன்று. அதிலேறி வந்த அஸ்தி கன்னியாகுமரிக் கடலிற் கரைக்கப்பட்டது.