வறுமையில் வாடாத புலமை

துன்பம் மனிதனைத் திருத்தும் என்று எளிதாகச் சொல்லிவிடுகின்றோம். அஃது ஒருபாலுண்மையே. நெருப்புப் பொன்னை விளக்கும், வைக்கோலையோ சாம்பராக்கும். வறுமையின் வாய்ப்பட்டு மனங்கசந்து, கற்றதனையும் மறந்து, பிறர்மேற் பகைமையே மிஞ்ச மறைந்தொழிந்த புலவரும் நம் நாட்டிற் சிலரல்லர். ஆகலின் துன்பத்தைப் பாராட்டுதலை விடுத்துத், துன்பத்தினிடை நின்ற ஒருவர் எதனைப் பற்றுக்கோடாகக் கொண்டு நின்றார் என்பதனை ஆராய்தலே தக்கதாம். அவ்வாராய்ச்சிக்கு இடந்தரும் வரலாறுகளுள் திரிசிரபுரம் மகாவித்துவான் மீனாட்சிசுந்தரம் பிள்ளையவர்களுடைய வரலாறு தலைசிறந்ததென நாம் கருதுகின்றோம்.

பிள்ளையவர்களுடைய முன்னோர் மதுரைத் திருக்கோயிலில் மீன்முத்திரைப் பணி பூண்ட குடியினர். தந்தையார் சிதம்பரம் பிள்ளை, தாயார் அன்னத்தாச்சியார். தந்தையார் மதுரையை விட்டுத் திரிசிரபுரத்தை அடுத்த ஊர்களிற் பள்ளிக்கூடம் வைத்துப் பிள்ளைகட்குக் கற்பித்து வருநாளில், 1815ஆம் ஆண்டு ஏப்பிரல் 6ஆம் நாள் எண்ணெயூரில் இவர் பிறந்தார். குலமுறைக்கேற்பச் சொக்கேசர் திருப்பெயரே இவர்க்கு இடப்பட்டது. முதலாசிரியர் தந்தையாரே. திண்ணைப் பள்ளி வாத்தியார்க்கு அக்காலத்தில் வரும்படி யாது என்பதனை முதியோர் அறிவர். நெல்லும் காய்கறியுமாக வருவது பாதி, வாராதது பாதி. அந்நிலையிலும் சிதம்பரம் பிள்ளை மகனார்க்கு நிகண்டும் அந்தாதியும் கலம்பகமும் இலக்கணமும் ஊட்டி வளர்த்தார். மகனார் பதினைந்தாம் வயதினரா யிருந்தபொழுது அவர் காலஞ்சென்றார்.

கையிற் பொருளில்லை, தாங்குதற்குத் தந்தையில்லை, கல்வியோ பாதியில் நின்றது. அந்நிலையில் வேறொருவராயின் ஊர்க்கணக்கு எழுதவோ வயலிற் கூலிக்குச் செல்லவோ துணிந்திருப்பர்; அதனைக் குறைகூறுவாருமிரார். இளைஞரான பிள்ளையவர்கள் திரிசிரபுரம் சென்று, தமிழ் அறிந்தார் யாவர் என்று தேடித் திரியலானார். ஒருவரிடத்தே எல்லா நூல்களையும் முறையாகக் கேட்கும் பேறு இவர்க்கு வாய்த்திலது. ஒருவர்பால் ஒரு நூல், மற்றொருவர்பால் ஓர் ஐயம், வேறொருவர்பால் ஓர் ஏட்டுச்சுவடி, இவ்வாறு துளித்துளியாகச் சேர்த்த புலமையே இவருடையது. இரவல் வாங்கிய சுவடியைக் குறித்த நாளிற் றிருப்பிக் கொடுத்தல் வேண்டுமாதலின், அதனைத் தாமே படியெழுதிக் கொண்டு, எழுதும்பொழுதே பாடமும் பண்ணிவிடுவார். இக்காலத்தே விரும்பிய நூலைக் கடையில் விலைகொடுத்து வாங்கி, விரித்துப் பாராமலே அலமாரியில் அடுக்கும் நம்மனோர் இதனைச் சிறிது நினைத்தல் நன்று.

இவர் தண்டியலங்காரம் கற்ற வரலாறு அறியத்தக்கது. அந்நூல் அக்காலத்தே கிடைத்தற்கரிதாயிருந்தது. திரிசிரபுரத்தில் வீடுதோறும் பிச்சையேற்று உண்டுவந்த பரதேசி ஒருவர் அதனை நன்கறிந்தவர் என்று பிள்ளையவர்கள் கேள்வியுற்றார். அப்பரதேசியோ கல்விச் செருக்கு மிக்கவர். எவரையும் எளிதில் மதியார். கேட்டவர்க்கு உடனே சொல்லவும் மாட்டார். பிள்ளையவர்கள் அவர் பிச்சைக்குச் செல்லுந் தெருக்களிலெல்லாம் உடன் சென்றும், அவர் விரும்பிய பொருள்களைத் தேடிக் கொடுத்தும், அவர் மனம் இளகியிருக்கும் சமயம் பார்த்துப் பொருள் கேட்டுக் கேட்டு அந்நூலைக் கற்று முடித்தார். பிச்சையேற்பவர் பின்னே மாணாக்கர் ஒருவர் செல்வதனைக் கண்டு தெருவிலுள்ளார் நகைத்திருத்தலுங் கூடும். நகைப்புக்கு அஞ்சியிருப்பின் தமிழ்நாடு ஒரு பெரும் புலவரை இழந்திருக்கும். தமக்கு வேண்டுவது இன்னதென்பதனை அவர் ஐயமற அறிந்திருந்தார்; அவ்வறிவினெதிரே மானாபிமானங்கள் சிறியனவாயின.

பின்னர்ச் சென்னை சென்று காஞ்சீபுரம் சபாபதி முதலியார், திருத்தணிகை விசாகப் பெருமாளையர் முதலியோரிடம் பாடங் கேட்டதும், திருவாவடுதுறை யாதீனத்தின் தொடர்பு பெற்றதும், அங்கே மகாவித்துவான் என்னும் பட்டம் அளிக்கப்பெற்றதும் பலரும் அறிந்தனவாதலின் அவற்றை விரித்திலம். 1860ஆம் ஆண்டு தொடங்கி மாயூரம் இவர்க்கு உறைவிடமாயிற்று. சீகாழியில் முனிசீபாயிருந்த வேதநாயகம் பிள்ளை இவர்க்கு உயிர்த்தோழர். அவர் கிறிஸ்து சமயத்தவர். அவரைப் பாட்டுடைத் தலைவராக வைத்துக் குளத்தூர்க் கோவை பாடிய இவரே சேக்கிழார் பிள்ளைத்தமிழும் பாடினார்.

தாம் கற்றற்குப் பட்ட பாட்டினைத் தம்மிடம் வந்தார் படலாகாது என்பதே இவருடைய உறுதி. துன்புற்றுக் கற்றோரிற் சிலர், தாம் பட்டது பிறரும் படட்டும் என்று மறைத்துவைப்பதுண்டு. அத்தகைய ஆசிரியரை நாமும் கண்டிருக்கின்றோம். பிள்ளையவர்கள் வழி அதற்கு முற்றும் மாறு. கூலி பெறாது கற்பித்ததன்றி, வந்த மாணாக்கர் பலர்க்குத் தம் இல்லத்தே உணவும் அளித்தார். சைவர், வைணவர், அந்தணர், வேளாளர், கிறிஸ்துவர், முகம்மதியர் என்ற வேற்றுமை அவர் திண்ணையில் இல்லை. கும்பகோணம் கல்லூரித் தமிழ்ப் பண்டிதர் தியாகராச செட்டியாரும், நாகூர்க் குலாம்காதிறு நாவலரும் அவர் மாணாக்கரே.

இனி இவ்வள்ளன்மையின் மறுபுறத்தையும் சொல்லுதல் வேண்டும். வரவு உறுதியில்லை, புராணம் பாடுவித்தோர் தந்த பரிசிலும் ஆதீனத்தார் உதவியும் வந்தபொழுது வந்தன. செலவோ நாடோறும் உண்டு. மகனார் திருமணத்தை யொட்டிய செலவும் சேரக் கடன் பெருகிற்று. எண்ணெய் முழுக்கிற்கு வீட்டில் எண்ணெயில்லாது நின்ற நாளும் உண்டு. கணக்குப் பாராத இவ்வியல்பு குற்றமே என்பாருளர். மனைவியார் காவேரியாச்சி பட்ட இடர்களை எண்ணுங்கால் அதனை முற்றும் மறுத்தற்கில்லை. ஆயினும், பாட்டுக்கேட்டு மகிழ்ந்த செல்வர் பலர் சூழ்ந்திருந்தும் அக்கடனை ஒருங்கே தீர்ப்பார் ஒருவரும் முன்வந்திலர் என்பதனையும் உடன்வைத்து எண்ணுதல் முறையாம்.

அக்காலத்தில், அஃதாவது 1871ஆம் ஆண்டில், உத்தமதானபுரம் சாமிநாதையர் பதினாறு வயது கடந்த இளைஞராய் மாயூரத்திற்கு வந்து மாணாக்கராயினார். ஆசிரியர் புகழின் உச்சியை அவர் கண்டார். அடுப்பங்கரையின் வெறுமையையும் கண்டார். அவர் கண்டெழுதியவற்றுள் நம்மைப் பெரிதும் நிறுத்தி எண்ணச் செய்வது, பிள்ளையவர்கள் பாடும் முறை. கடன்காரர் வந்து போனபின்னும், உடல் நலிந்த நாளிலும், ஏடும் எழுத்தாணியுமாக மாணாக்கர் ஒருவர் அமர்ந்தவுடன், முன்னே பாடி நிறுத்திய இடத்திலிருந்து செய்யுட்கள் தடையின்றி வரும். எழுதுவோர் கை ஓயுமேயன்றிச் சொல்வோர் நா ஓயாது. இருபதுக்கு மேற்பட்ட தலபுராணங்களும் அந்தாதி, பிள்ளைத்தமிழ், கலம்பகம், கோவை முதலியனவும் இங்ஙனம் தோன்றின. துன்பம் நீங்கட்டும், பிறகு பாடுவோம் என்று அவர் காத்திருந்திலர். காத்திருந்தால் ஒரு புராணமேனும் முற்றியிராது. கவலையை வெல்லும் வழி இதுவென்று அவர் யாருக்கும் உபதேசித்ததாகவும் தெரிந்திலது, காலையில் எழுந்தவுடன் பாடஞ் சொல்வார், அவ்வளவே. அவர்க்கு ஊக்கம் வந்த இடம் பாடஞ் சொல்லுதலும் பாடுதலுமாகிய அந்நாட்கடனே என்பது நம் துணிபு.

1873-74ஆம் ஆண்டளவில் மணிவாசகப் பெருமான் அருள்பெற்ற தலமாகிய திருப்பெருந்துறைக்குப் புராணம் பாடி அரங்கேற்றினார். அக்கோயிலை மேற்பார்த்துவந்த சுப்பிரமணியத் தம்பிரான் விரும்பியவாறு நிகழ்ந்தது அது. அதனாற் கடன் நீங்கும் என்ற நம்பிக்கை இருந்தது. பரிசில் வந்தது, கடன் முற்றும் நீங்கிற்றில்லை. உடல் நலமும் அதன்பின் குன்றலாயிற்று. 1875ஆம் ஆண்டிறுதியில் நோய் முதிர்ந்தது. திருவாவடுதுறையிற் சுப்பிரமணிய தேசிகர் ஆதரவிற் கிடந்த அந்நாட்களிலும், மாணாக்கர் ஐயம் வினாவின் விடை வந்தது.

1876ஆம் ஆண்டு பிப்பிரவரி முதல் நாள், செவ்வாய்க்கிழமை, இறுதி நெருங்கிற்று. திருவாசகம் படிக்குமாறு குறிப்பித்தார். சாமிநாதையர் அடைக்கலப்பத்தைப் படித்தார். ஆசிரியரைத் தம் மார்பிற் சார்த்தித் தாங்கியிருந்தவர் சவேரிநாத பிள்ளை என்னும் கிறிஸ்துவ மாணாக்கர். அந்நிலையிலே பிள்ளையவர்கள் சிவபதம் எய்தினார்கள். வயது அறுபது நிரம்பி அறுபத்தொன்று நடந்துகொண்டிருந்தது.

சாமிநாதையர் அதன்பின் சுப்பிரமணிய தேசிகரிடம் பாடங் கேட்டு, 1880இல் தியாகராச செட்டியார் விட்ட இடத்திற் கும்பகோணம் கல்லூரியில் அமர்ந்து, 1887இற் சீவகசிந்தாமணியை அச்சிட்டு வெளிப்படுத்தினார். தம் ஆசிரியர் சரித்திரத்தை அவர் இரு பாகமாக எழுதி நிறைவேற்றியது 1933, 1934ஆம் ஆண்டுகளில். அப்பொழுது அவர்க்கு எண்பதை அணுகிய வயது.