திரைக்குப் பின்னே ஒரு பெண்மணி

திரைப்படம் பார்த்துவிட்டு வீடு திரும்பும்போது நாம் எதைப் பற்றிப் பேசுகிறோம்? நடித்தவர்களைப் பற்றிப் பேசுகிறோம். பாட்டைப் பற்றிப் பேசுகிறோம். நம்மை அழவைத்த காட்சியை ஒருவருக்கொருவர் மறுபடியும் சொல்லி மகிழ்கிறோம். ஆனால் அந்தக் காட்சியை முதன்முதலில் வெள்ளைத் தாளில் எழுதியவர் யார் என்று நாம் கேட்பதேயில்லை. மாளிகையைப் பார்ப்பவர் அதன் அஸ்திவாரத்தைப் பார்ப்பதில்லை அல்லவா? திரைக்கதை ஆசிரியரின் நிலையும் அத்தகையதே.

அப்படிக் கண்ணுக்குத் தெரியாத இடத்தில் இருந்துகொண்டு, முப்பது ஆண்டுகளுக்கு மேல் அமெரிக்கத் திரையுலகில் எழுதி வாழ்ந்த ஒரு பெண்மணியின் வரலாற்றை இங்கே காண்போம். அவர் பெயர் பிரான்சஸ் மரியன். எழுத்துக்காக ஆஸ்கார் பரிசு பெற்ற முதல் பெண் அவரே. அப்பரிசை அவர் ஒரு முறையல்ல, இரு முறை பெற்றார். எழுத்துத் தொழிலில் நுழைவதைவிட அதில் நிலைத்து நிற்பது எவ்வளவு கடினம் என்பதை அவர் வாழ்க்கை நமக்கு எடுத்துக் காட்டுகிறது.

இளமைப் பருவம்

1888-ஆம் ஆண்டு நவம்பர் 18-ஆம் நாள் சான் பிரான்சிஸ்கோ நகரில் அவர் பிறந்தார். பெற்றோர் இட்ட பெயர் மரியன் பென்சன் ஓவன்ஸ். சிறு வயதிலேயே தாயும் தந்தையும் பிரிந்துவிட்டனர். சிறுமிக்குப் படம் வரைவதில் அடங்காத ஆர்வம் இருந்தது. அந்த ஆர்வமே ஒரு நாள் வம்பையும் தேடித் தந்தது. தம் ஆசிரியரைக் கேலிச் சித்திரமாக வரைந்து அகப்பட்டுக்கொண்டார். பன்னிரண்டு வயதில் அந்தப் பள்ளியை விட்டு வெளியேற நேர்ந்தது. (இதைப் படிக்கும் நம் தோழியர் சிலர் தங்கள் கணக்கு நோட்டின் கடைசிப் பக்கத்தை அவசரமாக மூடுவது நமக்குத் தெரிகிறது!)

பின்னர் ஓவியக் கல்லூரி ஒன்றில் சேர்ந்து முறையாகப் பயின்றார். 1906-ஆம் ஆண்டு ஏப்ரல் மாதம் சான் பிரான்சிஸ்கோவைப் பெரும் நிலநடுக்கம் உலுக்கியது. அதைத் தொடர்ந்து மூண்ட தீயில் நகரின் பெரும்பகுதி அழிந்தது. அந்தக் கல்லூரியும் அழிந்தது. படிப்பு அத்தோடு நின்றது. அதன்பின் வயிற்றுப்பாட்டுக்காக அவர் செய்யாத வேலை இல்லை. புகைப்படக்காரரிடம் உதவியாளர், விளம்பரப் படம் வரைபவர், செய்தித்தாளில் கற்றுக்குட்டி நிருபர், நாடகக் கொட்டகைக்குச் சுவரொட்டி எழுதுபவர் என்று பல வேலைகளைப் பார்த்தார். அப்போது இவை தொடர்பற்ற துண்டு வேலைகளாகவே தோன்றியிருக்கும். ஆனால் காட்சியைக் கண்ணால் பார்க்கவும், மனிதர் பேச்சைக் காதால் கேட்கவும், சுருக்கமாகச் சொல்லவும் அவரைப் பழக்கியவை இவையே.

கலைக்கூடத்தில் அரிச்சுவடி

1914-ஆம் ஆண்டு லாஸ் ஏஞ்சல்ஸில் லோயிஸ் வெபர் என்ற பெண் இயக்குநரிடம் உதவியாளராகச் சேர்ந்தார். இன்ன வேலை என்ற வரையறை அங்கே கிடையாது. எழுத்துக்கு உதவ வேண்டும். ஆள் குறைந்தால் நடிக்கவும் வேண்டும். எந்த எடுபிடி வேலையையும் அவர் மறுக்கவில்லை. பிரான்சஸ் மரியன் என்ற பெயரைத் தாங்கியதும் திரையுலகில் நுழைந்த இக்காலத்தில்தான்.

அந்நாளில் திரைப்படம் பேசாது. பாத்திரங்கள் வாயசைப்பார்கள். இன்றியமையாத சொற்கள் மட்டும் எழுத்து அட்டைகளாக இடையிடையே வந்து போகும். ஆகவே எழுத்தாளரின் வேலை வசனம் எழுதுவதல்ல. ஒருவரின் துயரத்தை ஒரு பார்வையால், ஒரு கைக்குட்டையால், மூடிய ஒரு கதவால் எப்படிக் காட்டுவது என்று யோசித்து, காட்சி காட்சியாக வகுத்துத் தருவதே வேலை. ஓவியம் பயின்ற மரியனுக்கு இது இயல்பாகவே கைவந்தது.

முதல் அடி

அக்காலத்தில் அமெரிக்காவின் செல்லப்பிள்ளையாக விளங்கியவர் நடிகை மேரி பிக்போர்டு. அவருக்கும் மரியனுக்கும் ஆழ்ந்த நட்பு உண்டாயிற்று. அவருக்காக மரியன் எழுதிய 'தி பவுண்ட்லிங்' என்ற அநாதைச் சிறுமியின் கதை 125 டாலருக்கு விலை போயிற்று. படமும் எடுத்து முடிந்தது. இனித் தம் காலம்தான் என்று எண்ணி மரியன் நியூயார்க் நகருக்குப் புறப்பட்டார். 1915-ஆம் ஆண்டு செப்டம்பரில் அங்கிருந்த படநிலையத்தில் தீப்பற்றி, படத்தின் மூலச்சுருள் வெளியாகும் முன்பே எரிந்து போயிற்று. நிலநடுக்கத்துக்குப் பின் தீ ஒரு முறை அவர் படிப்பைப் பறித்தது. இப்போது எழுத்தின் முதற்கனியையும் பறித்தது.

அவர் ஊர் திரும்பவில்லை. வேர்ல்டு பிலிம் என்ற நிறுவனத்தின் கதவைத் தட்டினார். இரண்டு வாரம் சம்பளமில்லாமல் வேலை செய்கிறேன், என் எழுத்து பிடித்திருந்தால் வைத்துக்கொள்ளுங்கள் என்பதே ஏற்பாடு. அங்கே வெளியிடத் தகுதியற்றவை என்று ஒதுக்கிய படங்கள் கிடந்தன. அவற்றுள் ஒன்றை அவர் எடுத்துப் பார்த்தார். உருக்கமாக எடுக்க நினைத்த நாடகம், பார்ப்பவருக்குச் சிரிப்பையே மூட்டியது. அப்படியானால் சிரிப்பதற்கென்றே அதை ஆக்கிவிடலாமே! தொடக்கத்தில் புதிய காட்சியும் முடிவில் புதிய காட்சியும் எழுதிச் சேர்த்தார். வீண் என்று விட்ட படம் நகைச்சுவைப் படமாகி 9,000 டாலருக்கு விற்றது. வாரம் 200 டாலர் சம்பளத்தில் மரியனுக்கு ஒப்பந்தம் கிடைத்தது. விரைவில் அந்நிறுவனத்தின் கதைப்பிரிவுக்கே தலைவியானார்.

தோல்வி என்று எண்ணிய வெற்றி

1917-இல் பிக்போர்டுக்காக அவர் எழுதிய படம் 'தி புவர் லிட்டில் ரிச் கேர்ள்'. செல்வம் கொழிக்கும் வீடு. பெற்றோருக்கோ பிள்ளையைக் கவனிக்க நேரமில்லை. வேலைக்காரர் கையில் வளரும் அந்தச் சிறுமியின் தனிமையே கதை. இருபத்து நான்கு வயது பிக்போர்டு அதில் பதினொரு வயதுச் சிறுமியாக நடித்தார். சோகத்தின் நடுவே குழந்தைக் குறும்புகளையும் தோழியர் இருவரும் புகுத்தினர். இயக்குநருக்கு அது பிடிக்கவில்லை. முடிந்த படத்தைப் பார்த்த முதலாளிகள் முகம் சுளித்தனர். நடிகையின் பெயரையே கெடுத்துவிட்டோமோ என்று மரியன் கலங்கினார். ஆனால் படம் வெளிவந்ததும் மக்கள் சிரித்தார்கள், அழுதார்கள், மீண்டும் வந்து பார்த்தார்கள். அதன்பின் பிக்போர்டின் தனி எழுத்தாளராக மரியன் அமர்த்தப்பட்டார். அடுத்த ஆண்டு வந்த 'ஸ்டெல்லா மாரிஸ்' படத்தில், நோயில் முடங்கிய செல்வச் சிறுமியாகவும் அன்பற்று வளர்ந்த அநாதைப் பெண்ணாகவும் பிக்போர்டு இரு வேடம் தாங்கினார்.

ஒருவருக்கென எழுதும்போது அவருடைய பலம் எது, பலவீனம் எது என்று அறிந்து எழுதியதே மரியனின் வெற்றி இரகசியம் என்று நமக்குத் தோன்றுகிறது. 1918-இல், முதல் உலகப் போரின்போது, ஐரோப்பா சென்று பெண்களின் போர்க்காலப் பணிகளைப் பதிவு செய்தார். 1921-இல் இரண்டு படங்களை இயக்கியும் பார்த்தார். இறுதியில் எழுத்தையே தம் இடமாகக் கொண்டார். 'தி ஸ்கார்லெட் லெட்டர்' (1926), 'தி விண்ட்' (1928) ஆகியவை அவர் எழுதிய மௌனப் படங்களுள் தலைசிறந்தவை.

இருண்ட கிறிஸ்துமஸ்

1919-இல் பிரெட் தாம்சன் என்பவரை மரியன் மணந்தார். அவர் மதகுரு; சிறந்த விளையாட்டு வீரர்; போரில் படைக்குருவாகத் தொண்டு செய்தவர். பின்னர் குதிரை வீரராக நடித்துப் புகழ் பெற்றார். இல்லறம் இனிதாக நடந்தது. ஒரு நாள் குதிரை லாயத்தில் துருப்பிடித்த ஆணி ஒன்று அவர் காலில் குத்தியது. அதனால் இசிவு நோய் கண்டு, 1928-ஆம் ஆண்டு கிறிஸ்துமஸ் நாளன்று அவர் இறந்தார். இரண்டு சின்னஞ்சிறு ஆண்மக்களுடன் மரியன் தனித்து நின்றார்.

தொழிலிலும் அது புயலடித்த காலம். படங்கள் பேசத் தொடங்கியிருந்தன. மௌனப்பட எழுத்தாளர் பலர் வேலையிழந்தனர். பதினான்கு ஆண்டு கற்ற வித்தையை மறந்து, நாற்பது வயதில் புதிய வித்தை பழக வேண்டிய நிலை மரியனுக்கு. அவர் பழகினார். 1930-இல் வெளியான 'அன்னா கிறிஸ்டி' என்ற நாடகத்தின் திரை வடிவத்தில்தான் நடிகை கிரெட்டா கார்போவின் குரலை உலகம் முதலில் கேட்டது. அதற்குத் திரைக்கதை எழுதியவர் மரியன்.

அதே ஆண்டில் சிறைச்சாலையைப் பற்றி 'தி பிக் ஹவுஸ்' எழுதினார். வீட்டில் அமர்ந்து கற்பனை செய்ய அவர் விரும்பவில்லை. சான் குவென்டின் சிறைக்கு நேரில் சென்று கைதிகளின் வாழ்வைப் பார்த்து வந்தார். குடித்துவிட்டுக் காரோட்டி ஒருவரைக் கொன்ற இளைஞன், கொடிய குற்றவாளிகளோடு ஒரே நெருக்கடியான அறையில் அடைபட்டு எப்படிச் சீரழிகிறான் என்பதை அக்கதை காட்டியது. திருத்த வேண்டிய சிறையே கெடுக்கலாமா என்ற கேள்வியைப் பார்த்தவர் மனத்தில் அது எழுப்பியது. முதல் ஆஸ்கார் இதற்குக் கிடைத்தது. குடிக்கு அடிமையான பழைய குத்துச்சண்டை வீரனையும் அவனை நம்பும் சிறு மகனையும் பற்றிய 'தி சாம்ப்' (1931) கதைக்கு இரண்டாவது பரிசு கிடைத்தது.

தோழியருக்குக் கொடுத்த கை

தாம் ஏறிய பின் ஏணியைத் தூக்கிக் கொள்பவர் உலகில் பலர். மரியன் அப்படியல்லர். நாடக உலகில் புகழ் பெற்ற மேரி டிரஸ்லர் அறுபதை நெருங்கும் வயதில் வாய்ப்பின்றி இருந்தார். அவருக்கென்றே மரியன் 1927-இல் ஒரு படம் எழுதினார். 'அன்னா கிறிஸ்டி'யிலும் அவருக்கு நல்ல வேடம் அமைந்தது. காசநோயால் வாடிய எழுத்தாளர் லோர்னா மூனுக்கு மருத்துவச் செலவுக்குப் பணம் தேவைப்பட்டது. அவருடைய நாவலைத் தம் நிறுவனம் வாங்கும்படி மரியன் செய்தார். பிறகு நாவலின் போக்கைப் பெரிதும் மாற்றி, டிரஸ்லருக்கேற்ற 'மின் அண்ட் பில்' என்ற படமாக்கினார். அப்படத்துக்காக டிரஸ்லர் சிறந்த நடிகைக்கான ஆஸ்கார் பரிசை வென்றார். ஒரே எழுத்தால் இரு தோழியருக்கு உதவி!

1933-ஆம் ஆண்டு பொருளாதார நெருக்கடியில் படநிறுவனங்கள் ஊழியர் சம்பளத்தை எட்டு வாரங்களுக்குப் பாதியாகக் குறைத்தன. எழுத்தாளர்கள் ஒன்றுகூடித் தங்கள் சங்கத்தைப் புதுப்பித்தனர். உயர்ந்த ஊதியம் பெற்ற மரியன் ஒதுங்கி நின்றிருக்கலாம். ஆனால் அவர் அதன் துணைத்தலைவராகப் பொறுப்பேற்றார்.

மாலைக்காலம்

நாளடைவில் திரையுலகம் மாறியது. ஒரே கதையைப் பலர் கையில் மாற்றி மாற்றிக் கொடுக்கும் வழக்கம் பெருகியது. தொடக்கத்தில் ஏராளமாக இருந்த பெண் எழுத்தாளர் தொகையும் குறைந்தது. தாம் எழுதியது தாம் எழுதியபடி திரையில் வராததை மரியன் கண்டார். தம் அனுபவத்தை 1937-இல் ஒரு நூலாக்கி, கதைமாந்தரைப் படைப்பது, கதையைப் பின்னுவது, உரையாடல் எழுதுவது ஆகியவற்றைப் புதியவர்களுக்குக் கற்றுத் தந்தார். 1946-இல் ஹாலிவுட்டை விட்டு விலகினார். கசந்து முடங்கிவிடவில்லை. களிமண்ணை எடுத்துச் சிற்பம் செய்தார், தூரிகையை மீண்டும் கையிலெடுத்தார், நாவலும் எழுதினார். 1972-இல் தம் நினைவுகளை நூலாக வெளியிட்டு, 1973 மே 12-ஆம் நாள், எண்பத்து நான்காம் வயதில் மறைந்தார். அவர் பெயர் தாங்கிய படங்கள் மட்டும் நூற்றுக்கு மேல். பெயரின்றி எழுதியவை இன்னும் பல.

அன்புத் தோழியரே! இந்த மலருக்குக் கட்டுரை எழுதிக் கொடுத்துவிட்டு, அது திருப்பி அனுப்பப்பட்டதும் இனி எழுதவே மாட்டேன் என்று சபதம் செய்தவர்கள் நம்மில் உண்டு. மரியனின் முதற்படம் சாம்பலாயிற்று. அவர் சம்பளமில்லாத மேசையில் அமர்ந்து, பிறர் வேண்டாமென்று எறிந்ததைத் திருத்தத் தொடங்கினார். திறமை அவருக்குக் கதவைத் திறந்திருக்கலாம். முப்பது ஆண்டுகள் அவரை உள்ளே நிறுத்தியது, மறுபடியும் முதலிலிருந்து தொடங்க அஞ்சாத அந்த மனமே. திருப்பி வந்த அந்தக் கட்டுரையை எடுங்கள். முதல் பத்தியையும் கடைசிப் பத்தியையும் புதிதாக எழுதிப் பாருங்கள். அடுத்த ஆண்டு மலரில் அதை நாம் அனைவரும் படித்து மகிழ்வோம்.